மருந்தும் மயக்கமும்

புதுக்கோட்டை மாவட்டத்தின் கிழக்கு எல்லையில் ஏறத்தாழ 40 கிலோமீட்டர் நீளத்திற்குக் கடற்கரை உண்டு. மணமேல்குடி, கோட்டைப்பட்டினம், செகதாப்பட்டினம், கோபாலப்பட்டினம், மீமிசல் என்னும் அவ்வூர்ப் பெயர்கள் நம் வாசகர்களுக்குப் புதியன அல்ல. மீன்பிடியும் கடல் வாணிகமும் தர்காக்களும் பள்ளிவாசல்களுமாக அறியப்பட்ட அக்கரையின் பெயர் 2024 மார்ச்சில் வேறொரு காரணத்தால் செய்தித்தாள்களில் அடிபட்டது. மீமிசலுக்கு அருகே ஓர் இறால் பண்ணையில் 100 கிலோ ஹஷீஷையும் 876 கிலோ கஞ்சாவையும் சுங்கத் துறையினர் கைப்பற்றினர். மதிப்பு 110 கோடி ரூபாய் என்றனர். கடல் தாண்டி இலங்கைக்குச் செல்லவிருந்த சரக்கு அது.

ஹஷீஷ் என்னும் அச்சொல்லை மேனாட்டார் படைத்த சொல் என்று எண்ணியோர் நம்முள் பலர் இருத்தல் கூடும். அது அரபுச் சொல். காய்ந்த புல் என்பது அதன் பொருள். ‘அபின்’ என்று நாம் வழங்குவதும் ‘அஃப்யூன்’ என்னும் அரபு வழக்கிலிருந்து வந்ததே. இப்பொருள்கள் நேற்று முளைத்தவை அல்ல. இவற்றைப் பற்றிய ஆராய்ச்சியும் நேற்றுத் தோன்றியதன்று. எழுநூறு ஆண்டுகளுக்கு முன்னரே கெய்ரோவிலும் டமாஸ்கஸிலும் நம் அறிஞர்கள் இதுபற்றி நுணுகி நுணுகி வாதிட்டுள்ளனர். அவ்வாதத்தின் நடுவே நின்ற வினா, செடியின் பெயர் என்ன என்பதன்று. அது மனிதனின் அறிவை என்ன செய்கிறது என்பதேயாம்.

ஸ்பெயின் நாட்டு மாலகாவில் பிறந்து, 1248இல் டமாஸ்கஸில் மறைந்த மூலிகைப் பேரறிஞர் இப்னுல் பைத்தார், எகிப்தின் தோட்டங்களில் பயிரான ஒருவகைச் சணற்செடியைக் குறித்து எழுதினார். அதற்கு அவர் தந்த பெயர் ‘இந்தியச் சணல்’. பக்கீர்கள் சிலர் அதனை உண்டு மயங்குவதையும் அவர் பதிவு செய்தார். நம் நாட்டின் பெயரைத் தாங்கி அச்செடி அங்கு போய்ச் சேர்ந்திருந்தது என்பது நமக்குப் பெருமை தரும் செய்தியன்று.

அவருக்குப் பின்வந்த மாலிக்கி அறிஞர் இமாம் கராஃபி (ரஹ்) கெய்ரோவில் வாழ்ந்து 1285இல் மறைந்தவர். மனத்தைத் தாக்கும் பொருள்களை அவர் மூவகையாகப் பிரித்தார். புலன்களையே அடக்கி உறங்கச் செய்வன ஒருவகை. புலன்கள் விழித்திருக்க, அறிவை மறைத்துக் களிப்பும் துணிவும் ஊட்டுவன மற்றொரு வகை. மது அதிற் சேர்ந்தது. களிப்பூட்டாது அறிவைக் குழப்புவன மூன்றாம் வகை. ஹஷீஷை அவர் இம்மூன்றாம் வகையிற் சேர்த்தார். அதற்கு அவர் காட்டிய சான்றுகள் சுவையானவை. மது அருந்தியோர் சண்டைக்கு எழுகின்றனர். ஹஷீஷ் உண்டோரோ சோர்ந்து அமர்கின்றனர். உண்பவன் உடலில் எக்குணம் மறைந்துள்ளதோ அதனையே அது கிளப்பிவிடுகிறது. ஒருவன் சினக்கிறான், ஒருவன் உறங்குகிறான், ஒருவன் அழுகிறான். ஒரே பொருள் ஆளுக்கு ஆள் வேறுபட்டு இயங்குவதை இத்துணைத் தெளிவாக அக்காலத்திற் கண்டவர் அரியர்.

இப்பிரிவினையை எல்லோரும் ஏற்றுக்கொண்டாரில்லை. 1328இல் மறைந்த இமாம் இப்னு தைமிய்யா (ரஹ்) ஹஷீஷும் மதுவைப் போன்ற போதைப் பொருளே என்றும், மதுவுக்குரிய தண்டனையே அதற்கும் உரியது என்றும் வலியுறுத்தினார். ஷாஃபிஈ அறிஞர் ஸர்கஷீ (ரஹ்) அது விலக்கப்பட்டதே என்பதை நிறுவ ஒரு தனி நூலே எழுதினார். தண்டனை, அசுத்தம், சிறிதளவு என்பன பற்றி அவர்கள் வேறுபட்டனர். அறிவுக்கு ஊறு நேர்வது பற்றி வேறுபடவில்லை.

இவர்கள் கண்ட விளைவுக்கு உரிய காரணத்தை அறிவியல் 20ஆம் நூற்றாண்டில் கண்டது. 1964இல் ரஃபேல் மெக்கூலமும் அவர் துணைவரும் கஞ்சாவின் மயக்கச் சத்தைப் பிரித்தெடுத்தனர். அச்சத்து மூளை நரம்பணுக்களில் ஒட்டிக்கொள்ளும் இடம் பின்னர்க் கண்டறியப்பட்டது. அவ்விடம் கஞ்சாவுக்கென அமைந்ததன்று. உடல் தானே சுரக்கும் ஒரு பொருளுக்காக அமைந்தது. 1992இல் கண்டறியப்பட்ட அப்பொருளுக்கு நம் நாட்டு ‘ஆனந்தம்’ என்னும் சொல்லைக் கொண்டே ‘ஆனந்தமைடு’ என்று பெயரிட்டனர். நினைவைப் பதியவைக்கும் மூளைப் பகுதியில் அவ்விடங்கள் செறிந்துள்ளன. கஞ்சா உண்டவன் தொடங்கிய வாக்கியத்தை முடிக்க மறப்பது அதனாலேதான்.

இனி, மருந்தென்று வந்தால் நம் முன்னோர் என்ன செய்தனர்? 1277இல் மறைந்த இமாம் நவவீ (ரஹ்), அழுகிய உறுப்பை வெட்டி எடுக்க வேண்டி வருமிடத்து, அறிவை மயக்கும் மருந்தை அளிப்பது கூடும் என்பதே சரியான கருத்து என்றார். ‘பன்ஜ்’ எனப்பட்ட குரோசாணி ஓமம் போன்றவை அவ்வகையின. நம் பக்கத்துக் குப்பைமேடுகளிலும் சாலையோரங்களிலும் வளரும் ஊமத்தை அதற்கு உறவுச் செடிதான். இரண்டும் மூளையில் நினைவுக்கும் கவனத்துக்கும் வேண்டிய அசிட்டைல்கோலின் என்னும் சுரப்பின் வேலையைத் தடுக்கின்றன. வாய் உலரும், கண்மணி விரியும், இல்லாத ஆளோடு பேசுவான், தெளிந்தபின் எதுவும் நினைவிராது. ஊமத்தையை விளையாட்டாகத் தின்று உயிரிழந்தோரும் உண்டு. ஆயினும் அச்சத்துகளிலிருந்து வந்த அட்ரோபின் இன்றும் மருத்துவமனைகளில் உயிர் காக்கிறது. பூச்சிமருந்து குடித்தோருக்கு முதலில் ஏற்றப்படுவனவற்றுள் அதுவும் ஒன்று.

இவ்விடத்தில் சென்னை நகரத்து முஸ்லிம் மருத்துவர் ஒருவரை நினைவுகூராமல் மேற்செல்ல நமக்கு மனம் வரவில்லை. ஆங்கில ஏடுகளில் ‘மூதீன் ஷெரீஃப்’ என்று குறிக்கப்படும் அவர் திருவல்லிக்கேணி மருந்தகத்தில் பணியாற்றியவர்; கான் பகதூர் பட்டம் பெற்றவர். 1868இல் இந்திய அரசின் மருந்து நூல் வெளிவந்தது. அதன் தொடர்பாக, நாட்டு மருந்துகளுக்குத் தமிழ், இந்துஸ்தானி, தெலுங்கு முதலிய பல மொழிகளில் வழங்கும் பெயர்களை ஒப்பிட்டு அவர் தொகுத்த பட்டியல் 1869இல் அச்சேறியது. கடைவீதியில் ஒரு பெயரைக் கேட்டு வேறொரு வேரை வாங்கி வருவதால் நேரும் கேட்டை அவர் நன்கறிந்திருந்தார். அவருடைய ‘சென்னை மருந்தியல்’ நூல் 1891இல், அவர் மறைவுக்குப் பின் வெளியாயிற்று. நம் இளைஞர்களில் எத்தனை பேர் இப்பெயரைக் கேட்டிருப்பர்?

உறங்கவும் மயங்கவும் செய்வன பற்றி இதுவரை பார்த்தோம். விழித்திருக்கச் செய்வனவற்றின் வரலாறும் நம்மிடமிருந்தே தொடங்குகிறது. யமன் நாட்டு ஸூஃபிகள் இரவு திக்ருக்காகக் காப்பி அருந்தினர். 1511இல் மக்காவின் அதிகாரி கைர் பேக் அதனைத் தடைசெய்தார். கெய்ரோவிலிருந்து வந்த ஆணை அத்தடையைத் தளர்த்தியது. இன்று நம் வீடுகளில் விருந்தினருக்கு முதலில் நீட்டும் பானம் ஒருகாலத்தில் இத்தகைய வழக்கில் சிக்கியது என்பது வியப்பன்றோ! களைப்பை மூளைக்கு உணர்த்தும் அடினோசின் என்னும் பொருளின் இடத்தைக் காப்பியின் சத்து அடைத்துக்கொள்கிறது. களைப்பு போவதில்லை, களைப்பென்ற செய்தி மட்டும் போய்ச் சேர்வதில்லை.

அதே யமனில் ‘காத்’ என்னும் இலையை மெல்லும் வழக்கமும் பரவியது. அது ஆகுமா, ஆகாதா என்று அந்நாட்டு உலமாக்கள் இரு பிரிவாயினர். 16ஆம் நூற்றாண்டில் மக்காவில் வாழ்ந்த இமாம் இப்னு ஹஜர் ஹைதமீ (ரஹ்) அவர்களிடம் அவ்வினா வந்தது. அவருடைய ‘துஹ்ஃபா’வை நம் கடற்கரை ஊர்களின் ஷாஃபிஈ மத்ரஸாக்கள் நன்கறியும். ஒரு சாரார், அது உறக்கத்தை நீக்கி ஊக்கம் தருகிறது, தீங்கில்லை என்றனர். மறு சாரார், உடலையும் அறிவையும் கெடுக்கிறது என்றனர். இரு சாராரும் நம்பத்தக்கவர்கள், சாட்சிகளோ முரண்பட்டன. எனவே ஹராம் என்று அறுதியிட்டுக் கூற அவர் துணியவில்லை. பேணுதலுடையோர் விலகியிருப்பதே நன்று என்று அறிவுரைத்தார். அறியாததை அறிந்ததாகச் சொல்லாத அந்நேர்மை நம்மைப் பெரிதும் கவர்கிறது.

1975இல் ஐக்கிய நாடுகள் ஆய்வுக்கூடம் அவ்விலையிலிருந்து ‘கேத்தினோன்’ என்னும் சத்தைப் பிரித்தது. அதன் அமைப்பு, 1887இல் பெர்லினில் லசார் எடெலியானு முதலில் உருவாக்கிய ஆம்ஃபெட்டமினோடு நெருங்கியது. இரண்டும் மூளையில் டோபமின், நார் அட்ரினலின் என்னும் சுரப்புகளை வெள்ளமாகத் திறந்துவிடுகின்றன. ஊக்கம் என்று ஒரு சாரார் கண்டதும் கேடு என்று மறு சாரார் கண்டதும் ஒரே சுரப்பின் வேறு வேறு அளவுகளே. இமாம் அவர்கள் முன் வந்த சாட்சிகளில் எவரும் பொய் சொல்லவில்லை போலும்!

இச்சுரப்புகளை மட்டாக உயர்த்தும் மருந்து பின்னர் வந்தது. சுவிட்சர்லாந்தின் பாசல் நகரில், 1943 ஏப்ரலில், ஆல்பர்ட் ஹாஃப்மன் என்பவர் எல்.எஸ்.டி. என்னும் பொருளைத் தாமே உட்கொண்டு, நிறங்களும் உருவங்களும் உருகி ஓடக் கண்டார். செரோடோனின் என்னும் சுரப்பு செயற்படும் இடங்களை அது தூண்டிவிடுவதால் விளைந்த மாயக்காட்சி அது. அடுத்த ஆண்டே அதே நகரில், மற்றொரு நிறுவனத்தில், லியாண்ட்ரோ பனிஸோன் மெதில்ஃபெனிடேட்டை உருவாக்கினார். தம் மனைவி ரீட்டாவின் பெயரால் அதற்கு ‘ரிட்டாலின்’ என்று பெயர் வைத்தார். ஓரிடத்தில் நில்லாது, கவனம் குவியாது தத்தளிக்கும் குழந்தைகளுக்கு மருத்துவர்கள் இன்று எழுதித் தருவது இதனையே. நெற்றிக்குப் பின்னுள்ள மூளைப் பகுதியில் டோபமின் சற்றே உயர, அக்குழந்தை ஒரு பக்கத்தை முழுதும் படித்து முடிக்கிறது. இங்கே மருந்து அறிவை மூடவில்லை, மூடியிருந்ததைத் திறக்கிறது.

நம் குடும்பங்களிலோ இரு வகைத் தவறுகளைக் காண்கிறோம். ‘போதை மாத்திரை’ என்று யாரோ சொன்னதைக் கேட்டு, மருத்துவர் ஆய்ந்து கொடுத்த மருந்தைப் பிள்ளைக்குக் கொடாது நிறுத்திவிடும் தாய்மார் ஒருபுறம். நுழைவுத் தேர்வுக்கு இரவெல்லாம் விழிக்க வேண்டித் தோழனிடம் அதே மாத்திரையை வாங்கி விழுங்கும் மாணவர் மறுபுறம். 2023இல் மெல்போர்ன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள், குறைபாடு ஏதுமற்ற 40 பேருக்கு இத்தகைய மருந்துகளைக் கொடுத்துக் கடினமான கணக்குகளைத் தீர்க்கச் செய்தனர். அவர்கள் நெடுநேரம் முயன்றனர். ஆனால் முயற்சியின் தரம் தாழ்ந்தது. அளவு மீறினால் நெஞ்சுப் படபடப்பு, உறக்கமின்மை, பிறர் தன்னைச் சூழ்ச்சி செய்கின்றனர் என்னும் ஐயம் ஆகியன தோன்றும்.

மெதில்ஃபெனிடேட், கேத்தினோன் இரண்டுமே 1985ஆம் ஆண்டுப் போதைப்பொருள் தடுப்புச் சட்டத்தின் பட்டியலில் உள்ளவை. முன்னதைத் தகுதியுள்ள மருத்துவரின் சீட்டின்றிக் கடையில் வாங்கலாகாது. மருத்துவர் சிறிதளவில் தொடங்கி, பிள்ளையின் எடை, பசி, உறக்கம், நாடித் துடிப்பு ஆகியவற்றைப் பார்த்தே அளவை ஏற்றுவார். ஒவ்வொரு முறை செல்லும்போதும் இவற்றைக் குறித்து எடுத்துச் செல்வது பெற்றோர் கடன். மாத்திரை அட்டையைப் பிள்ளையின் பள்ளிப் பையில் விடாது, வீட்டு அலமாரியில் பூட்டிவைத்து, வேளைக்கு ஒன்றாக எடுத்துத் தருவதே முறை.