அகராதிக்குள் வராத சொற்கள்: வட்டார வழக்கு அகராதிகளின் கதை

ஷார்ஜாவுக்கு நான் கணக்கெழுத வந்த முதல் வருடம். களஞ்சியத்தில் சரக்குக் குறைந்ததற்கு என்னைக் காரணம் காட்டி மனேஜர் எல்லார் முன்னாலும் ஏசினார். அன்றிரவு அறையில் இருந்த மதுரைத் தம்பி ஒருவரிடம், "மனேஜர் என்னைப் பேசிப்போட்டார்" என்றேன். "பேசிட்டாராண்ணே? அப்ப பிரச்சினை முடிஞ்சுது" என்றார் அவர் சந்தோசமாக. விடிந்ததும் மற்றவர்களிடமும் அப்படியே சொல்லிவிட்டார். எனக்காகப் போய்க் கேட்க இருந்த இருவரும் விசயம் தீர்ந்துவிட்டதென்று ஒதுங்கிக்கொண்டார்கள். மாத முடிவில் என் சம்பளத்தில் அந்தத் தொகை வெட்டப்பட்டது.

யாழ்ப்பாணத்தில் பேசுதல் என்றால் ஏசுதல். உரையாடுவதற்குக் கதைத்தல் என்போம். அந்தத் தம்பியும் நானும் பேசியது தமிழ்தான். ஆனாலும் எங்களுக்கிடையில் ஓர் அகராதி தேவைப்பட்டது. அப்படியான அகராதிகள் எப்படி உருவாகின என்பதே இக்கட்டுரை.

ஆங்கிலத்தில் நடந்தது

பொது அகராதி, மொழி முழுவதற்கும் பொதுவான சொற்களைத் தேடுகிறது. வட்டார வழக்கு அகராதி ஒரு பிரதேசத்தின் சொற்களை, எங்கே வழங்குகிறது என்ற விபரத்தோடு பதிகிறது. குழூஉக்குறி அகராதி, படையினர், மாலுமிகள், திருடர்கள் போன்ற ஒரு கூட்டத்தாரின் பேச்சைத் தொகுக்கிறது.

சாமுவேல் ஜோன்சன் 1755இல் தன் பெரிய ஆங்கில அகராதியை வெளியிட்டார். அதன் ஆதாரம் பெரும்பாலும் நூல்கள். முப்பது வருடம் கழித்து, 1785இல், பிரான்சிஸ் குரோஸ் என்பவர் தெருவிலும் மதுக்கடையிலும் படைமுகாமிலும் வழங்கிய கொச்சைச் சொற்களுக்கென்றே ஓர் அகராதி போட்டார்.

வட்டார வழக்குக்கான பெரிய வேலையைச் செய்தவர் ஜோசப் ரைட். யோர்க்‌ஷயரில் 1855இல் பிறந்த ஏழைப் பிள்ளை. சிறு வயதிலேயே ஆலை வேலைக்குப் போனவர். பதினைந்து வயதளவில்தான் வாசிக்கக் கற்றார். பின்னர் ஜேர்மனியில் படித்து ஒக்ஸ்போர்ட்டில் பேராசிரியரானார். 1898 முதல் 1905 வரை ஆறு தொகுதிகளாக அவருடைய ஆங்கில வட்டார வழக்கு அகராதி வந்தது. தன் வீட்டாரும் ஆலைத் தொழிலாளரும் பேசிய பேச்சு அவருக்குப் பிழையான ஆங்கிலமாகத் தெரியவில்லை. அதற்கும் இலக்கணமும் வரலாறும் உண்டென்று காட்டினார்.

எங்களுக்குக் கிட்டியது 1886இல் வந்த ஹொப்சன்-ஜொப்சன். இந்தியாவில் இருந்த ஆங்கிலேயரின் பேச்சில் கலந்த சொற்களை அது தொகுத்தது. தொகுத்த இருவரில் ஒருவரான பர்னல் தஞ்சாவூரில் நீதிபதியாக இருந்தவர். கறி, கட்டுமரம், சுருட்டு, மிளகுத்தண்ணீர் எல்லாம் ஆங்கில உருவில் அதற்குள் இருக்கின்றன.

தமிழில்

திசைச்சொல் என்ற பிரிவைத் தொல்காப்பியமே வகுத்திருக்கிறது. ஆனால் தனி அகராதி வர மிகவும் காலம் பிடித்தது. வீரமாமுனிவரின் சதுரகராதி 1732. யாழ்ப்பாண அகராதி என்றும் மானிப்பாய் அகராதி என்றும் சொல்லப்படும் நூல் 1842. பெயரில்தான் யாழ்ப்பாணம், உள்ளடக்கத்தில் அது பொதுத் தமிழ் அகராதி. 1924 முதல் 1936 வரை வெளிவந்த சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ் லெக்சிகன், யாழ்ப்பாணச் சொற்களையும் சேர்த்து, ஒவ்வொன்றின் பக்கத்திலும் அடையாளக் குறியும் இட்டது.

ஒரு வட்டாரத்துக்கென்றே அகராதி போட்ட முன்னோடி கி. ராஜநாராயணன். கோவில்பட்டிக்குப் பக்கத்து இடைசெவல் கிராமத்து விவசாயி. அதிகம் பள்ளிக்கூடம் போகாதவர். கரிசல் மண்ணின் சொற்களைத் தொகுத்து 1982இல் வெளியிட்டார். அந்த வழியில் பெருமாள்முருகனின் கொங்கு வட்டாரச் சொல்லகராதி 2000இல் வந்தது. க்ரியாவின் தற்காலத் தமிழ் அகராதி 1992இலும், விரிவாக்கிய பதிப்பு 2008இலும் வந்தன. இதில் இலங்கை வழக்குகளுக்குத் தனிக் குறி உண்டு.

ஆலைக்குப் போன ரைட்டும் மண்ணைக் கொத்திய கி.ரா.வும் ஒரே வேலையைத்தான் செய்திருக்கிறார்கள். தாங்கள் கேட்டு வளர்ந்த பேச்சைக் குறைவாக நினைக்காமல் எழுதி வைத்தார்கள்.

வளைகுடாவில்

நாங்கள் வாழும் இந்த நாடுகளில் அரபு மக்களும் இதைச் செய்திருக்கிறார்கள். எழுத்து அரபு வேறு, வீட்டு அரபு வேறு. அமீரகப் பேச்சுச் சொற்களுக்கு ஃபாலிஹ் ஹன்ழல் அகராதி தொகுத்தார். வளைகுடா அரபுக்கு ஹம்தி கஃபீஷேயின் அகராதி 1997இல் வந்தது. பஹ்ரைன் மக்களின் பேச்சிலிருந்து கிளைவ் ஹோல்ஸ் தொகுத்த சொற்கோவை 2001இல் வந்தது. இந்தப் பேச்சில் இந்தியாவும் கலந்திருக்கிறது. டக்சிக்காரரிடம் நேரே போ என்பதற்கு நாம் சொல்லும் 'சீதா' ஹிந்தியிலிருந்து வந்தது. 1966 வரை இங்கே ரூபாய் புழங்கியதால் திர்ஹத்தை 'ரூபியா' என்னும் முதியவர்கள் உண்டு.

எங்கள் பக்கமும் ஒரு பேச்சு வளர்ந்திருக்கிறது. இக்காமா, பத்தாக்கா, பக்காலா, அர்பாப், முதீர், கல்லிவல்லி. இவை இல்லாமல் ஒரு நாள் கழியாது. விடுமுறைக்குப் போகிறவர்களின் வாயோடு 'கல்லிவல்லி' ஊருக்கும் போய்விட்டது.

இழக்கப் போவது

1995 ஒக்ரோபர் இறுதியில் யாழ்ப்பாணத்தைவிட்டு வெளிக்கிட்டபோது அம்மா நீத்துப்பெட்டி, திருவலை, கொட்டப்பெட்டி, மூக்குப்பேணி எல்லாவற்றையும் குசினியிலேயே விட்டுவிட்டு வந்தார். பொருள் போனபின் பெயரைச் சொல்லவும் தேவை குறைந்துவிட்டது. ஷார்ஜாவில் பிறந்த என் மகன் போன வருடம் "மூக்குப்பேணி என்றால் என்னப்பா?" என்று கேட்டான். பக்கத்தில் மூக்குப்போல் குழாய் வைத்த, வாய் படாமல் குடிக்கும் பாத்திரம் என்று கடதாசியில் கீறித்தான் காட்ட முடிந்தது. குசினி, கதிரை, சப்பாத்து போர்த்துக்கேயரிடமிருந்தும் கந்தோர் ஒல்லாந்தரிடமிருந்தும் வந்தவை என்று சொன்னபோது அவனுக்கு ஆச்சரியம். நாங்கள் எந்த வழியால் வந்தோம் என்பது இந்தச் சொற்களில் இருக்கிறது.

நான் வணிகவியல் படித்தவன், மொழியியல் படிக்கவில்லை. ஆனால் பதிவேட்டில் என்ன எழுத வேண்டும் என்பது தெரியும். ஒரு சொல்லுக்கு ஐந்து விபரம் போதும்: சொல், பொருள், எந்த ஊர், யார் சொன்னது, அவர் சொன்ன வசனம் அப்படியே. அர்த்தம் மட்டும் எழுதிய பட்டியல், பற்றுச்சீட்டு இல்லாத கணக்குப் போன்றது. பிறகு எவராலும் சரிபார்க்க முடியாது.

என் கொப்பியில் இப்போது இருநூறு சொல்லளவில் இருக்கிறது. முதலாவது பதிவு இது:

பேசுதல் – ஏசுதல், கண்டித்தல். யாழ்ப்பாணம். அம்மா சொன்னது. "பிந்தி வந்தால் அப்பா பேசுவார்."

மட்டக்களப்பு, மன்னார், மலையகம், கீழக்கரை, நாகர்கோவில் என்று பல ஊராரும் ஒரே கட்டடத்தில் இருக்கிறோம். வெள்ளிக்கிழமைகளில் ஊருக்குத் தொலைபேசி எடுக்கும்போது வீட்டில் மூத்தவர்களிடம் ஒரு சொல் கேட்டு எழுதினாலே வருடத்துக்கு ஐம்பது சேரும். என் அம்மாவுக்கு இப்போது எண்பத்திரண்டு வயது. சென்ற கிழமை 'பிளா'வைப்பற்றிக் கேட்டேன். பனையோலையை மடித்துக் கூழ் குடிப்பது என்று தொடங்கி, அரை மணித்தியாலம் கதைத்தார்.