குடியிருப்புத் திறந்தவெளிகளும் அவற்றின் சட்டப் பாதுகாப்பும்

பரந்த நிலமொன்றை மனைகளாகப் பிரித்து விற்கும்போதும், அதில் அடுக்குமாடி வீடுகளை எழுப்பும்போதும், அங்கே குடியேறுவோர் உலாவவும் குழந்தைகள் ஓடியாடவும் என்று வரைபடத்தில் ஒதுக்கப்படும் பூங்கா, விளையாட்டுத் திடல் முதலிய வெற்றிடங்கள் குடியிருப்புத் திறந்தவெளிகள் எனப்படும். சுற்றிலும் வீடுகள் நிறைந்து மனைவிலை உச்சத்தைத் தொடும் காலத்தில்தான் இவ்விடங்களின்மீது பிறர் கண் விழுகிறது. ஆதலால், ஒதுக்கிய நாளில் அளித்த வாக்கு, கைமாறிக் கைமாறிப் பல ஆண்டுகள் சென்ற பின்னும் எவரைக் கட்டுப்படுத்தும் என்பதே இத்துறைச் சட்டத்தின் மூலப் பிரச்சினையாக இருந்து வருகிறது.

இப்பிரச்சினைக்கு ஆங்கிலேய நீதிமன்றங்கள் கண்ட முதல் விடை லண்டன் நகரத்து லெஸ்டர் சதுக்கத்தைச் சார்ந்தது. 1808-இல் டல்க் என்பவர் அச்சதுக்கத்தின் நடுவிலிருந்த தோட்டத்தை விற்றபோது, அதில் கட்டடம் எழுப்பாமல் தோட்டமாகவே பராமரிக்க வேண்டும் என்று சாசனத்தில் ஒரு நிபந்தனை விதித்திருந்தார். பின்னர் அதை வாங்கிய மாக்ஸே என்பவர், நிபந்தனையை அறிந்தே வாங்கியிருந்தும், அந்த ஒப்பந்தத்தில் தாம் கையெழுத்திடாதவராகையால் அது தம்மைக் கட்டுப்படுத்தாது என்று வாதாட, 1848-இல் காட்டன்ஹாம் பிரபு அவ்வாதத்தை நிராகரித்து, அறிந்து வாங்கியவர் அதை மீறுவது நியாயமாகாது என்று தீர்ப்பளித்தார். 1955-இல் எல்லன்பரோ பூங்கா வழக்கில், பூங்காவைச் சூழ்ந்த வீடுகளின் சொந்தக்காரர்கள் அதில் உலாவி இன்புறும் உரிமை அவ்வீடுகளோடு ஒட்டிச் செல்லும் அநுபவ உரிமையே என்பதும் உறுதியாயிற்று. எனினும் இவ்விரண்டும் தனிமனிதர் தமக்குள் செய்துகொண்ட ஏற்பாடுகளிலிருந்து பிறந்த பாதுகாப்புகள். பத்திரத்தில் வாசகம் இல்லாத இடத்தில் இவற்றால் பயனில்லை.

அக்குறையை நீக்க வல்லது, ஒதுக்கீட்டை விற்பவரின் விருப்பத்துக்கு விடாமல் அரசாங்கமே கட்டாயமாக்கும் முறை. தமிழ்நாட்டில் ஓ.எஸ்.ஆர். நிலம் (திறந்தவெளி ஒதுக்கீட்டு நிலம்) என்று வழக்கில் வழங்குவது இம்முறையில் ஏற்பட்டதே. 1971-ஆம் ஆண்டு நகர் ஊரமைப்புச் சட்டத்தின் வழிவந்த விதிகளின்படி, 3,000 சதுர மீட்டருக்கு உட்பட்ட நிலத்துக்கு இக்கடமை இல்லை. அதற்கு மேல் 10,000 சதுர மீட்டர் வரை, சாலைகள் நீங்கலாக எஞ்சிய பரப்பில் பத்தில் ஒரு பங்கை ஒதுக்கலாம், அல்லது அதற்கு ஈடாகப் பணம் செலுத்தலாம். 10,000 சதுர மீட்டரைக் கடந்தால் பணத்துக்கு இடமின்றி, நிலத்தையே பதிவு செய்த தானப் பத்திரத்தின் மூலம் உள்ளாட்சி மன்றத்துக்கு விலையின்றி ஒப்படைத்தாக வேண்டும். இவற்றுள் இடைப்பட்ட நிலங்களுக்கு அளித்த சலுகை வருந்தத்தக்கது. பெற்ற தொகையைக் கொண்டு வேறெங்கோ பூங்கா அமைக்கலாமேயன்றி, அத்தெருவிலேயே பிறந்து வளரும் குழந்தைக்கு நடந்து செல்லும் தூரத்தில் ஒரு திடலை அத்தொகை மீட்டுத் தருவது அரிது.

விலையின்றி நிலத்தைக் கேட்பது சொத்துரிமைக்கு விரோதமன்றோ என்ற ஆட்சேபம் இயல்பாகவே எழுந்தது. தில்லி மாநகராட்சி, மனைப்பிரிவுக்கு அங்கீகாரம் அளிக்கும் நிபந்தனையாகத் திறந்தவெளியின் உடைமையையே தனக்கு மாற்றித் தருமாறு கேட்ட வழக்கில், அதற்கு இடந்தரும் சட்டவிதி இல்லாமையால் அவ்வாறு கேட்க இயலாதென்றும், ஆனால் நிலச் சொந்தக்காரரும் அதைத் தம் சுயலாபத்துக்கு உபயோகிக்க இயலாமல் குடியிருப்போர் பொருட்டு தர்மகர்த்தாவைப் போலவே வைத்திருக்கிறார் என்றும் உச்ச நீதிமன்றம் கருதியது. தமிழ்நாட்டிலோ அக்கடமை விதிகளிலேயே எழுதப்பட்டிருந்தது. அவ்விதிகள் அரசியலமைப்புக்கு முரணல்ல என்று அதே நீதிமன்றம் 2023-இல் தீர்ப்பளித்தது.

ஒதுக்கிய இடத்தை அரசாங்கமே மாற்ற முற்படும்போது காப்பவர் யார் என்ற வினாவுக்கு விடை பெங்களூரிலிருந்து வந்தது. இத்துறையில் இதனினும் முக்கியமான வழக்கு இந்தியாவில் எழவில்லை என்றே கருதலாம். ராஜ்மகால் விலாஸ் விஸ்தரிப்பில் பூங்காவுக்கென ஒதுக்கியிருந்த இடத்தை, 1976-இல் முதலமைச்சரின் உத்தரவின்பேரில், மருத்துவமனை கட்டுவதற்காக ஒரு தனியார் மருத்துவ அறக்கட்டளைக்கு வழங்கினர். அப்பகுதிவாசிகள் தொடுத்த வழக்கைத் தனி நீதிபதி தள்ளுபடி செய்தபோதிலும், மேல்முறையீட்டில் உயர்நீதிமன்ற அமர்வு அவர்கள் பக்கம் தீர்ப்பளித்தது. 1991-இல் உச்ச நீதிமன்ற நீதிபதிகள் தொம்மனும் சஹாயும் அத்தீர்ப்பை நிலைநிறுத்தினர். மருத்துவமனையும் பொதுநன்மைக்குரியதுதானே என்ற வாதம் கேட்பவர் மனத்தை எளிதில் இளகச் செய்வது. ஆயினும், நோயுற்றோருக்குக் கட்டணம் பெற்றுச் சிகிச்சை அளிக்கும் தனியார் நிலையம் எவ்வளவு உயர்ந்ததாயினும், அனைவரும் தடையின்றி நுழைந்து சுவாசிக்கும் பூங்காவுக்கு மாற்றாகாது என்று அவர்கள் தெளிவுபடுத்தினர். சட்டம் நகர அபிவிருத்தி ஆணையத்திடம் ஒப்படைத்த தீர்மானத்தை, அது தானே ஆராய்ந்து முடிவு செய்யாமல் மேலிடத்து உத்தரவுக்குப் பணிந்து எடுத்தது செல்லாதென்பதும் அத்தீர்ப்பின் சாரம். அப்பிரதேசத்தில் வசிப்பது ஒன்றே வழக்காடும் தகுதியைத் தரும் என்று அது ஏற்றுக்கொண்டமை, பணபலமும் பதவிபலமும் அற்ற சாதாரணப் பிரஜைக்குக் கிடைத்த பெரும் பலமாகும்.

நீதிமன்றங்களில் இவ்வாறு வலுப்பெற்ற பாதுகாப்பு, நடைமுறையில் பெரும்பாலும் ஆவணங்களில்தான் தளர்கிறது. தானப் பத்திரம் எழுதாமலே மனைகளை விற்று முடித்தாலும், எழுதிய பின்னர்ப் பட்டாவை உள்ளாட்சி மன்றத்தின் பெயருக்கு மாற்றாது விட்டாலும், வருவாய்க் கணக்கில் பழைய சொந்தக்காரரே நீடிக்க, பூங்கா இடமும் மனையாகக் கைமாற வழி ஏற்படுகிறது. பூங்காக்களையும் விளையாட்டுத் திடல்களையும் பட்டியலிட்டு, அரசாங்கத்தின் முன் அநுமதியின்றி அவற்றை வேறு காரியத்துக்கு உபயோகிக்கலாகாதென்று தடுக்கும் சட்டம் தமிழ்நாட்டில் 1959-லேயே இயற்றப்பட்டிருந்தும், அப்பட்டியலில் ஏறாத இடத்துக்கு அதன் நிழல் முழுமையாக எட்டுவதில்லை. அங்கீகாரம் பெற்ற வரைபடம், தானப் பத்திரம் ஆகியவற்றின் நகல்களை 2005-ஆம் ஆண்டுத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் எவரும் கேட்டுப் பெறலாம். மனை வாங்குவோர் தம் மனையின் பத்திரத்தைப் பரிசீலிக்கும்போதே பூங்காவின் பத்திரத்தையும் பட்டாவையும் பார்த்துக்கொள்வது, ஆக்கிரமிப்பு நேர்ந்த பின் நெடுங்காலம் வழக்காடுவதைக் காட்டிலும் இலகுவானது.