மகிழ்ச்சிச் சாலையும் நான் கேட்க மறந்த பெயரும்



ஆண்டிறுதிப் பள்ளி விடுமுறையில், கல்லூரியில் பயிலும் என் மகனும் நானும் வட வியட்நாமின் மலைநாட்டில் நான்கு நாள் மோட்டார் சைக்கிள் பயணம் மேற்கொண்டோம். திரும்பி வந்ததும் நண்பர்கள் படங்களைக் கேட்டார்கள், அனுப்பிவிட்டேன். ஆனால், அந்தப் பயணத்தில் நான் கற்றுக்கொண்ட வரலாற்றுப் பாடம் ஒன்றைப் படங்களால் சொல்ல இயலாது. அதனை இங்கே எழுதிவைக்க விரும்புகிறேன்.

நாங்கள் சென்ற வட்டாரத்தின் பெயர் ஹா ஜியாங். தலைநகர் ஹனோயிலிருந்து வடக்கே ஏறத்தாழ 300 கிலோமீட்டர் தொலைவில், சீன எல்லையை ஒட்டி அமைந்துள்ளது. நெடுங்காலம் தனி மாநிலமாக விளங்கிய ஹா ஜியாங், 2025 ஜூலை 1 முதல் துயென் குவாங் மாநிலத்துடன் இணைக்கப்பட்டுவிட்டது. ஆயினும், பயணிகள் இன்றும் அதனைப் பழைய பெயராலேயே அழைக்கின்றனர். ஹா ஜியாங் நகரில் புறப்பட்டு, குவான் பா, யென் மின், தோங் வான், மியாவ் வாக் ஆகிய ஊர்களைக் கடந்து, மீண்டும் அதே நகருக்குத் திரும்புவதே பயணிகளின் வழக்கமான சுற்றுவழி. ஏறத்தாழ 350 கிலோமீட்டர்.

மலைவளைவுகளில் ஓட்டிப் பழகாத வெளிநாட்டினர் அங்கு விபத்துக்குள்ளாவது உண்டு. ஆகையால், உள்ளூர் இளைஞர்கள் இருவர் வண்டியோட்ட, நாங்கள் பின்னிருக்கையில் அமர்ந்து சென்றோம். இரவுகளில் விடுதிகளை நாடாமல் கிராமத்து வீடுகளிலேயே தங்கினோம்.

உப்புக்காக நடந்த மக்கள்

குவான் பா கணவாயைத் தாண்டியதும் நிலம் மாறிவிடுகிறது. எங்கு நோக்கினும் சுண்ணாம்புக்கல் பாறை. இப்பீடபூமி 2010ஆம் ஆண்டு உலகப் புவிப்பூங்காக்களின் வரிசையில் சேர்க்கப்பட்டது. வியட்நாமில் அத்தகுதியைப் பெற்ற முதல் இடம் இதுவே. கண்ணுக்கு அழகுதான், உழவனுக்கோ கொடுமை! மழைநீர் மண்ணில் தங்காமல் பாறைப் பிளவுகளுக்குள் இறங்கி மறைந்துவிடுகிறது.

இங்கு வாழும் ஹ்மோங் மக்கள், பாறைக் குழிகளில் முதுகுக் கூடையால் மண் சுமந்து கொட்டி, குழிக்குச் சில விதைகளாக மக்காச்சோளம் நடுகின்றனர். மழையில் மண் கரைந்து போகாமலிருக்கக் கற்களை அடுக்கிச் சிறு வரம்பு கட்டுகின்றனர். அரிசி அவர்களுக்கு எளிதில் கிடைத்த உணவன்று. மக்காச்சோளத்தை மாவாக அரைத்து ஆவியில் வேகவைத்த 'மென் மென்' என்பதே அவர்களுடைய அன்றாடச் சோறு.

முதல் நாள் நண்பகலில், எனக்கு வண்டியோட்டிய ஹ்மோங் இளைஞரிடம், "சாலை வருவதற்கு முன் உங்கள் முன்னோர் எப்படி வாழ்ந்தனர்?" என்று கேட்டேன். கைப்பேசியின் மொழிபெயர்ப்பு உதவியுடன் அவர் சொன்ன முதற்சொல் 'உப்பு' என்பதாகும். மலையில் உப்பு விளையாது. உப்புக்கும் மண்ணெண்ணெய்க்கும் ஆண்கள் குதிரையுடன் நாட்கணக்கில் நடந்து கீழே இறங்க வேண்டியிருந்ததாம். அவருடைய பாட்டனாரும் அவ்வாறு நடந்தவரே. நாங்கள் அரை நாளில் கடந்த தொலைவு அது.

அபினி கட்டிய மாளிகை

உப்பு வருவதற்கு வழியில்லாத இம்மலையிலிருந்து அபினி மட்டும் வெளியே சென்றுகொண்டிருந்தது. இரண்டாம் நாள் நாங்கள் கண்ட சா ஃபின் மாளிகை அதற்குச் சான்று. 'ஹ்மோங் அரசர்' என்று குறிப்பிடப்படும் வுவோங் சின் டுக், இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இதனைக் கட்டினார். கல்லும் மரமும் கொண்டு எழுப்பிய 64 அறைகள். தூண்களின் அடிக்கற்கள் அபினிக் காயின் வடிவில் செதுக்கப்பட்டுள்ளன. செல்வம் எதிலிருந்து வந்தது என்பதை அவர் மறைக்கவில்லை! பிரெஞ்சுக் குடியேற்ற ஆட்சியில் அபினி வாணிகம் அரசுக்கே பெருவருவாயாக இருந்த காலம் அது.

மாளிகை யாருடையது என்பதற்குப் பெயர் இருக்கிறது. கல்லைச் சுமந்தவர் யார், செதுக்கியவர் யார் என்று என் மகன் கேட்டபோது எங்களுக்கு விடை கிடைக்கவில்லை. முந்தைய நாள் மாலையிலிருந்தே அவன் அப்படித்தான் கேட்டுக்கொண்டிருந்தான். அதற்கான காரணத்தைப் பின்னர் சொல்கிறேன்.

1959 முதல் 1965 வரை

1954இல் பிரெஞ்சு ஆட்சி முடிவுற்றது. நாடு இரண்டாகப் பிரிந்து, வடபகுதியில் ஹோ சி மின் தலைமையிலான அரசு அமைந்தது. எல்லை மலைகள் அந்த அரசுக்கு எட்டாத் தொலைவில் இருந்தன. மக்களுக்கு உப்பும் மருந்தும் பள்ளியும் கொண்டு செல்வதற்கும், எல்லையைத் தன் கைக்குள் வைத்திருப்பதற்கும் ஒரு சாலை வேண்டும் என்று அரசு முடிவெடுத்தது. இவ்விரு நோக்கங்களையும் சேர்த்தே நாம் பார்க்க வேண்டும். மலைமக்கள் அனைவரும் புதிய ஆட்சியை மலர்தூவி வரவேற்றார்கள் என்பதும் இல்லை. 1959இன் இறுதியில் தோங் வான் பகுதியில் ஆயுதக் கிளர்ச்சி மூண்டது.

அதே 1959 செப்டம்பரில் சாலைப் பணி தொடங்கியது. பல மாநிலங்களிலிருந்து இளைஞர் தொண்டர் படையினரும், உள்ளூர் மக்களும் திரண்டனர். அவர்கள் 16 இனங்களைச் சேர்ந்தவர்கள். கனரக இயந்திரங்கள் இல்லை. கடப்பாரை, சம்மட்டி, உளி, மண்வெட்டி, கூடை, கொஞ்சம் வெடிமருந்து, இவையே கருவிகள். ஆறாண்டுகளில் இருபது இலட்சத்திற்கும் மேற்பட்ட மனித வேலைநாட்கள் செலவாயின. 1965இல் ஹா ஜியாங்கிலிருந்து மியாவ் வாக் வரை ஏறத்தாழ 185 கிலோமீட்டர் சாலை நிறைவுற்றது. அதற்கு இடப்பட்ட பெயர் 'ஹன் ஃபுக்' சாலை. மகிழ்ச்சிச் சாலை என்பது அதன் பொருள். இப்பெயரைச் சூட்டியவர் ஹோ சி மின் என்பர்.

இந்தச் சாலையில் மிகக் கடினமான பகுதி மா பி லெங் கணவாய். குதிரையின் மூக்குத்தண்டு என்று அப்பெயருக்குப் பொருள் சொல்கின்றனர். ஒருபக்கம் செங்குத்துப் பாறை, மறுபக்கம் பாதாளம், அதன் அடியில் பச்சை நூல்போல ஞோ குவே ஆறு. மூன்றாம் நாள் காலை அங்கே வண்டியை நிறுத்தியபோது, மதிற்சுவரைப் பற்றிக்கொண்டுதான் என்னால் கீழே பார்க்க முடிந்தது.

அந்தப் பாறையில் நிற்க இடமில்லாத காரணத்தால், இளைஞர்கள் இடுப்பில் கயிறு கட்டி மேலிருந்து தொங்கினர். அந்தரத்தில் ஆடியபடியே உளியால் துளையிட்டு, வெடி வைத்து, மேலே ஏறினர். இப்படித் தொங்கியே பதினொரு மாதங்கள் பாறையை வெட்டினர். முதலில் ஓர் ஆள் நடக்கும் அகலம். பிறகு குதிரை செல்லும் அகலம். அதன்பிறகே வண்டி செல்லும் அகலம். கணவாயில் இன்று அத்தொண்டர்களுக்குச் சிலை எழுப்பப்பட்டுள்ளது. எங்களுக்கு முன்னும் பின்னும் வந்த பயணிகள் அதனருகே நின்று படம் எடுத்துக்கொண்டனர்.

யென் மின்னில் என் மகன் கேட்ட கேள்வி

இப்போது முதல் நாள் மாலைக்கு வருகிறேன். அன்றிரவு நாங்கள் தங்கியது யென் மின்னில். சாலைப் பணியில் 14 பேர் உயிர் நீத்தனர். தொண்டர் படையினருக்கான கல்லறைத் தோட்டம் அவ்வூரில் இருக்கிறது. பொழுது சாயும் வேளையில் நாங்கள் அங்குச் சென்றோம். எங்கள் இரு வண்டியோட்டிகளும் தலைக்கவசத்தைக் கழற்றிவிட்டு ஊதுவத்தி ஏற்றினர். எங்களிடமும் ஒவ்வொன்று நீட்டினர்.

என் மகன் கல்லில் இருந்த பெயர்களை எழுத்துக்கூட்டிப் படித்துக்கொண்டே நடந்தான். திடீரென்று திரும்பிக் கேட்டான்: "அப்பா, சயாம் ரயிலுக்குப் போன நம்ம தாத்தாவோட தம்பி பேரு என்னப்பா?"

நான் விடை சொல்லவில்லை. எனக்குத் தெரியாது.

அன்பர்களே, இருபது ஆண்டுகளுக்கும் மேலாக வரலாறு கற்பிப்பவன் நான். ஜப்பானியர் ஆட்சியில், 1942 - 1943ஆம் ஆண்டுகளில், சயாமையும் பர்மாவையும் இணைக்க 415 கிலோமீட்டர் இருப்புப்பாதை போடப்பட்டது என்று என்னால் உறக்கத்திலும் சொல்ல முடியும். நேச நாட்டுப் போர்க்கைதிகளில் 12,000க்கும் மேற்பட்டோர் அங்கு மாண்டனர் என்பதையும், மலாயாத் தோட்டங்களிலிருந்து கொண்டு செல்லப்பட்டவர்களில் பெரும்பாலோர் தமிழர் என்பதையும் சொல்வேன். காஞ்சனபுரியில் போர்க்கைதிகளின் கல்லறைகள் வரிசை வரிசையாகப் பெயருடன் இருக்கின்றன. பல்லாயிரக்கணக்கில் மாண்ட ஆசியத் தொழிலாளர்களில் பெரும்பாலோருக்கு அப்படிப் பெயர் பொறித்த கல்லறை இல்லை. இதை வகுப்பில் சொல்லும்போதெல்லாம் என் குரல் உயரும். "உலகம் அவர்களின் பெயரை எழுதவில்லை" என்று வருந்துவேன்.

உலகம் இருக்கட்டும். நான் எழுதினேனா?

என் தந்தையார் அவரைச் 'சித்தப்பா' என்றே குறிப்பிடுவார். எங்களுக்கு அவர் 'சின்னத் தாத்தா'. தோட்டத்திலிருந்து போனார், திரும்பவில்லை, இவ்வளவே கதை. உறவுமுறைச் சொல்லுக்குப் பின்னால் ஒரு பெயர் இருந்திருக்கும் என்று எனக்கு ஒருநாளும் தோன்றவில்லை. தந்தையார் உயிரோடிருந்தபோது ஒரே ஒரு கேள்வியில் கிடைத்திருக்கக்கூடிய விடை அது.

விருந்தோம்பிய வீடுகள்

இரண்டாம் இரவை லுங் கூ கொடிமேட்டின் அடியிலுள்ள லோ லோ சாய் சிற்றூரில், மண்சுவர் வீடொன்றில் கழித்தோம். மேலே பறக்கும் கொடியின் பரப்பு 54 சதுர மீட்டர்; வியட்நாமின் 54 இனங்களைக் குறிப்பது. 1979இல் சீனப் படை எல்லை தாண்டியதையும், வீ சுயென் மலைகளில் 1984 முதல் 1989 வரை பீரங்கிப் போர் நீடித்ததையும் வீட்டுப் பெரியவர் நினைவுகூர்ந்தார். வீ சுயென் போர்வீரர் கல்லறைத் தோட்டத்தில் பெயர் அறியப்படாத கல்லறைகளும் உண்டு. பிள்ளையைத் தேடி வரும் பெற்றோர் அவற்றுள் ஏதேனும் ஒன்றில் ஊதுவத்தி ஏற்றிச் செல்வார்களாம்.

மூன்றாம் இரவு டூ ஜியா பள்ளத்தாக்கில், டாய் இனத்தவரின் தூண்மேல் எழுப்பிய மரவீட்டில் தங்கினோம். நம் கம்பத்து வீடுகளைப் போன்றே இருந்தது. அடுப்பருகே அமர்ந்து அவ்வீட்டுச் சிறுமி பள்ளிப்பாடம் எழுதிக்கொண்டிருந்தாள். வீட்டில் டாய் மொழி. ஏட்டில் வியட்நாம் மொழி. ஆசிரியன் அல்லவா, எட்டிப் பார்க்காமல் இருக்க முடியவில்லை. எழுதி முடித்ததும் பாட்டியிடம் சென்று ஏதோ கேட்டாள்; பாட்டி நீண்ட நேரம் விடை சொன்னார். எனக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை. ஆனால், அந்தச் சிறுமி கேட்க வேண்டியவரிடம் கேட்டாள் என்பது மட்டும் விளங்கியது.

வீடு திரும்பியபின்

வந்த மறுநாளே என் மூத்த அத்தையைக் காணச் சென்றேன். வயது 88. ஜப்பானியர் காலத்தில் ஐந்து, ஆறு வயதுச் சிறுமி. கேள்வியைக் கேட்டதும் அவர் கண்ணை மூடிக்கொண்டார்.

"சின்னையான்னுதான் கூப்பிடுவோம்பா. லாரி வந்துச்சு, ஏறிப் போனாரு. போறப்ப என்கிட்ட ஒரு வாழைப்பழம் குடுத்தாரு. பேரு... எங்க அப்பாவுக்குத்தான்பா தெரியும்."

அவருடைய அப்பா, அதாவது என் பாட்டனார், மறைந்து அரை நூற்றாண்டு ஆகிவிட்டது. நான் பத்தாண்டுகளுக்கு முன்பு கேட்டிருந்தால் என் தந்தையார் சொல்லியிருப்பார். இனி யாரிடம் கேட்பேன்?

மகிழ்ச்சிச் சாலையையும் மரண இருப்புப்பாதையையும் ஒரே தராசில் வைக்க இயலாது. முன்னது தன் மக்களுக்காக ஒரு நாடு அமைத்தது. பின்னது படையெடுத்து வந்தவன் அடிமைகளைக் கொண்டு அமைத்தது. மகிழ்ச்சிச் சாலையில் மாண்டவர்களை நினைவில் வைத்திருப்பது அந்த அரசுக்குப் பெருமை. நம்மவரை நினைவில் வைத்திருப்பதால் எந்த அரசுக்கும் பெருமை இல்லை. அதனால்தான் அந்தக் கடமை வீட்டிலிருந்து தொடங்க வேண்டியிருக்கிறது.

ஆசிரிய நண்பர்களுக்கு ஒரு வேண்டுகோள். அடுத்த விடுமுறைக்கு மாணவர்களிடம் ஒரு தாள் கொடுத்தனுப்புங்கள். தாத்தா, பாட்டி, அவர்களுடன் பிறந்தவர்கள் ஆகியோரின் முழுப் பெயர், வாழ்ந்த தோட்டம் அல்லது ஊர், செய்த வேலை. இம்மூன்றையும் எழுதிவரச் சொல்லுங்கள். மதிப்பெண் வேண்டாம். பெற்றோர்களே, அந்தத் தாள் வீட்டுக்கு வரும்போது நீங்களே நிரப்பித் தந்துவிடாதீர்கள். பிள்ளையைப் பெரியவர்முன் உட்காரவையுங்கள்.

எங்கள் வீட்டுத் தாளை என் மகன் எழுதிவிட்டான். அதில் சின்னத் தாத்தாவின் பெயருக்கான கட்டத்தில் 'சின்னையா' என்று எழுதி, பக்கத்தில் அத்தை சொன்ன வாழைப்பழத்தையும் குறித்து வைத்திருக்கிறான்.