விருதுநகரின் தெருக்களில் பசியின் வரலாறு

பழைய நகரம் ஒன்றை அறிய விரும்புவோர் கோட்டையையும் கோயிலையும் பள்ளிவாசலையும் தேடிச் செல்வது வழக்கம். ஆள்வோரும் செல்வரும் கட்டியவை அங்கே நிற்கின்றன. ஆனால் அந்நகரத்தில் உழைத்து வாழ்ந்த எளிய மக்கள் எதை உண்டார்கள், எப்போது பசித்திருந்தார்கள், அப்போது அவர்களுக்கு யார் உணவளித்தார்கள் என்பவற்றைக் கல்வெட்டுகள் அரிதாகவே சொல்கின்றன. அவற்றைக் கடைத்தெருவில்தான் தேட வேண்டும். இதனை உணர்ந்துதான் ஐரோப்பிய நகரங்கள் பலவற்றில் இன்று உணவு உலாக்கள் நடைபெறுகின்றன. வழிகாட்டி ஒருவர் பயணிகளைத் தெருத்தெருவாக அழைத்துச் சென்று, கடைக்குக் கடை உணவைச் சுவைக்கச் செய்து, கூடவே ஊரின் கதையையும் சொல்கிறார்.

போலந்தின் பழைய தலைநகரான கிராக்கோவ் அத்தகைய ஒரு நகரம். அங்கே யூதர்கள் நெடுங்காலம் வாழ்ந்த காசிமியெஷ் பகுதியில் ஒரு சதுக்கம் உள்ளது. அதன் நடுவே வட்டவடிவமான கட்டடம் ஒன்று நிற்கிறது. நீண்ட ரொட்டியை இரண்டாகப் பிளந்து, காளானும் பாலாடைக்கட்டியும் பரப்பிச் சுட்டுத் தரும் சிறு கடைகள் அதைச் சுற்றிலும் உள்ளன. இந்த ரொட்டி 1970-களில் பொதுவுடைமை ஆட்சியின்போது பரவிய மலிவு உணவு. அதே கட்டடத்தில்தான் இரண்டாம் உலகப் போருக்கு முன்பு யூதர்கள் தம் சமய முறைப்படி கோழிகளை அறுத்துவந்தனர். அந்நகரில் வாழ்ந்த ஏறத்தாழ 60,000 யூதர்களுள் மிகப் பெரும்பாலோர் நாஜிகளின் ஆட்சியில் அழிக்கப்பட்டனர். இன்று கட்டடம் இருக்கிறது, அடுப்பும் எரிகிறது. இறைவனை நினைத்து அறுத்த அந்த மக்கள் இல்லை. இதை அறியாமல் ரொட்டியை மட்டும் தின்று திரும்புபவர் அந்நகரத்தைக் கண்டவர் ஆகார்.

இந்தப் பாடத்திற்காக நாம் போலந்துவரை போக வேண்டியதில்லை. மதுரையிலிருந்து நெல்லைக்கும் குமரிக்கும் செல்லும் நம் குடும்பங்கள் வழியில் விருதுநகரில் இறங்கிப் பரோட்டா உண்பது பலகாலப் பழக்கம். கடைக்குள் நுழையுமுன் கறி ஹலாலானதா என்று கேட்கிறோம். கேட்கத்தான் வேண்டும். ஆனால் அத்தோடு நம் கேள்விகள் முடிந்துவிடுகின்றன. இந்த உணவு இந்த ஊருக்கு எப்படி வந்தது என்று நாமும் கேட்பதில்லை. நம் பிள்ளைகளும் கேட்பதில்லை. மனிதன் தன் உணவை உற்று நோக்கட்டும் என்று திருக்குர்ஆனின் ‘அபஸ’ அத்தியாயம் அழைப்பதை நாம் அறிவோம். அந்த நோக்கோடு விருதுநகரின் தெருக்களில் ஒருமுறை நடந்து பார்ப்போம்.

விலை சொல்லும் ஊர்

இவ்வூரின் பழைய பெயர் விருதுபட்டி. 1923-இல்தான் விருதுநகர் ஆயிற்று. சுற்றிலும் கரிசல் மண். வற்றாத ஆறு ஒன்றும் இல்லை. மழை பொய்க்காத ஆண்டில் பருத்தியும் மிளகாயும் கம்பும் சோளமும் விளையும். நெல்வயல்களை நம்பி வாழ முடியாத இம்மண்ணில் மக்கள் வணிகத்தை நம்பினார்கள். 1870-களில் மதுரையையும் தூத்துக்குடித் துறைமுகத்தையும் இணைத்த இருப்புப்பாதை இவ்வூர் வழியாகச் சென்றது. பருப்பு, மல்லி, வத்தல், நல்லெண்ணெய், காப்பிக்கொட்டை, ஏலக்காய் எனப் பிற ஊர்களில் விளைந்தவை இங்கே வந்து குவிந்தன, விலை பேசப்பட்டன, மீண்டும் ஊர்ஊராகப் பிரிந்து சென்றன. விருதுநகர்ச் சந்தையின் விலை நிலவரத்தை நாளிதழில் பார்த்துவிட்டே கொள்முதல் செய்யும் மளிகைக்கடைக்காரர்களைத் தமிழ்நாட்டில் பரவலாகக் காணலாம்.

விளைச்சல் இல்லாத பள்ளத்தாக்கில் வாழ்ந்து, மாரிக்காலத்திலும் கோடைக்காலத்திலும் வணிகப் பயணம் சென்று பிழைத்த மக்காவின் குறைஷியரைப் பற்றி ஒரு சிறு அத்தியாயமே நம் வேதத்தில் உண்டு. பசியைப் போக்கி உணவளித்து, அச்சத்தைப் போக்கி அமைதியளித்த இறைவனை வணங்குமாறு அது அவர்களுக்கு நினைவூட்டுகிறது. பசி, அச்சம் என்ற இவ்விரண்டு சொற்களையும் மனத்தில் வைத்துக்கொண்டால் இக்கரிசல் சீமையின் வரலாறு நமக்கு எளிதில் விளங்கும்.

சந்தையில் ஈட்டிய செல்வம் முழுவதும் தனித்தனி வீடுகளுக்குப் போய்விடவில்லை. இங்குள்ள நாடார் வணிகர்கள் ‘மகமை’ என்ற பெயரில் ஒரு பொதுநிதியை வைத்திருந்தார்கள். நடைபெறும் வணிகத்தின் அளவுக்கேற்ப ஒவ்வொருவரும் ஒரு சிறு பங்கை அதில் செலுத்த வேண்டும். கிணறுகளும் கோயில்களும் பள்ளிக்கூடங்களும் அந்த நிதியில் எழுந்தன. 1889-இல் தொடங்கப்பட்ட சத்திரிய வித்தியாசாலை அவற்றுள் ஒன்று. வீட்டுப் பெண்கள் உலையில் அரிசி போடும்போது ஒரு பிடியைத் தனியே எடுத்துவைத்து அப்பள்ளிக்குக் கொடுத்த ‘பிடி அரிசி’ வழக்கம் இன்றும் பேசப்படுகிறது. ஜமாஅத் நிதியும் ஊர்க் கணக்கும் வைத்து வாழும் நமக்கு இவ்வழக்கத்தின் அருமை சொல்லாமலே புரியும்.

கடைத்தெருவில் வெயிலுக்கு ஒரு சோடா கேட்டால் அதிலும் ஊரின் கதை உண்டு. பி.வி.எஸ்.கே. பழனியப்ப நாடார் 1916-இல் இவ்வூரில் தொடங்கியதுதான் காளிமார்க் நிறுவனம். 1950-களின் இறுதியில் அது அறிமுகப்படுத்திய பொவோண்டோ, அயல்நாட்டுப் பெருநிறுவனங்களின் போட்டிக்கு இடையிலும் தென்மாவட்டப் பெட்டிக்கடைகளில் தன் இடத்தை இழக்கவில்லை.

கடல்கடந்து வந்த பரோட்டா

மாலையானால் விருதுநகரில் பரோட்டாக் கல் சூடேறத் தொடங்கும். மற்ற ஊர்களில் கல்லில் சுட்டெடுக்கும் பரோட்டாவை இவ்வூரில் எண்ணெயில் பொரித்தெடுக்கிறார்கள். நடுவே குழிந்த பெரிய கல்லில் எண்ணெய் தேங்கி நிற்க, சிறு பரோட்டாக்கள் அதில் மிதந்து பொன்னிறமாகும். வெளியே மொறுமொறுப்பு, உள்ளே மென்மை. அதைப் பிய்த்துப் போட்டு, மேலே சால்னாவை ஊற்றித் தருவார்கள். எண்ணெய் வணிகத்தில் பெயர்பெற்ற ஊரில் பரோட்டா எண்ணெயில் நீந்துவது வியப்பன்று.

பரோட்டா என்ற பெயர் வடக்கிலிருந்து வந்தது. நம் வீடுகளில் ஆணம் என்று வழங்குவதைக் கடையில் சால்னா என்கிறோமே, அது ‘சாலன்’ என்ற உருதுச் சொல்லின் திரிபு. இவ்வூரின் பெயர்பெற்ற பரோட்டாக் கடைகளுள் ஒன்றின் பெயரோ ‘பர்மாக் கடை’. அந்தப் பெயர்ப்பலகையின் முன் நாம் சற்றே நிற்க வேண்டும்.

வறண்ட தென்மாவட்டங்களிலிருந்து பர்மாவுக்கும் மலேயாவுக்கும் இலங்கைக்கும் பிழைக்கச் சென்றோர் எண்ணற்றோர். அவர்களுள் எல்லாச் சமூகத்தாரும் இருந்தனர். நம் முன்னோரும் இருந்தனர். ரங்கூனில் தமிழ் முஸ்லிம்களைச் ‘சோலியா’ என்று அழைத்தார்கள். அப்பெயர் தாங்கிய பள்ளிவாசல் இன்றும் அங்கே இருக்கிறது. 1942 மார்ச்சில் ஜப்பானியப் படை ரங்கூனைப் பிடித்தது. அந்தக் காலத்தில் நான்கு லட்சத்துக்கும் மேற்பட்ட இந்தியர்கள் பர்மாவை விட்டு வெளியேறினர். அவர்களுள் பெருந்திரளானோர் அஸ்ஸாம், மணிப்பூர் எல்லை மலைகளைக் கால்நடையாகவே கடந்தார்கள். பசியாலும் நோயாலும் வழியில் மாண்டவர்கள் பல்லாயிரம் பேர். 1962-இல் நே வின் ஆட்சியைக் கைப்பற்றிக் கடைகளையும் தொழில்களையும் நாட்டுடைமையாக்கியபின், மீண்டும் ஏறத்தாழ மூன்று லட்சம் இந்தியர்கள் வெளியேற நேர்ந்தது.

பர்மாவின் வீழ்ச்சி தமிழ்நாட்டின் அடுப்படியையும் தாக்கியது. அங்கிருந்து கப்பலில் வந்துகொண்டிருந்த அரிசி நின்றது; பங்கீட்டு முறை வந்தது; அரிசிச் சோற்றுக்குப் பழகிய வீடுகளுக்குக் கோதுமை அறிமுகமானது. 1950-களிலும் 60-களிலும் அமெரிக்காவின் பி.எல். 480 திட்டத்தின்கீழ் கப்பல் கப்பலாகக் கோதுமை வந்திறங்கியது. இவ்வாறு அரிசிப் பஞ்சத்தின் ஊடே வேரூன்றிய கோதுமை உணவே இன்று நாம் ஆசையோடு கேட்டு உண்ணும் பரோட்டா மாவாக நம் தட்டில் இருக்கிறது.

ஒரே ஊர், ஒரே ஆண்டு

கடைத்தெருவிலிருந்து தேசபந்து மைதானத்துக்கு நடந்து போகலாம். அங்கே தின்பதற்காக அல்ல, தின்ன மறுத்த ஒருவரை நினைப்பதற்காகச் செல்ல வேண்டும்.

விருதுநகர்ப் பகுதியைச் சேர்ந்த தியாகி சங்கரலிங்கனார், சென்னை மாநிலத்துக்குத் தமிழ்நாடு என்று பெயரிட வேண்டும் என்பது உள்ளிட்ட கோரிக்கைகளை முன்வைத்து 1956 ஜூலை 27 அன்று உண்ணாநோன்பைத் தொடங்கினார். அதனை இம்மைதானத்தில் தொடர்ந்தார். தலைவர்கள் பலர் வந்து வேண்டியும் கைவிடவில்லை. அக்டோபர் 13 அன்று அவர் உயிர் பிரிந்தது. அவர் கேட்ட பெயர் 1969 ஜனவரி 14 அன்றுதான் நடைமுறைக்கு வந்தது.

அப்போது மாநிலத்தின் முதலமைச்சர் காமராசர். அவரும் இதே ஊரில் பிறந்தவர். சத்திரிய வித்தியாசாலையில் படித்தவர். சிறுவயதில் தந்தையை இழந்து, படிப்பை நிறுத்தி, மாமனின் துணிக்கடையில் நின்றவர். பசித்த வயிற்றோடு பிள்ளைகள் படிக்க முடியாது என்பதை அவர் நூல்களில் படித்து அறிய வேண்டியிருக்கவில்லை. அதே 1956-இல் அவருடைய மதிய உணவுத் திட்டம் பள்ளிகளில் தொடங்கியது. அதனை அவர் தொடங்கிவைத்த எட்டயபுரம், பாரதியார் பிறந்த ஊர். சீறாப்புராணம் பாடிய உமறுப் புலவர் அடங்கியிருப்பதும் அவ்வூரில்தான்.

ஒரே ஊரார் இருவர். ஒருவர் பிள்ளைகளுக்குச் சோறு போட்ட ஆண்டிலேயே மற்றவர் சோற்றை மறுத்து உயிர்விட்டார். சங்கரலிங்கனார் கேட்டதைக் காமராசர் அரசு ஏற்கவில்லை என்பதும் வரலாறு. இருவரில் ஒருவரைப் புகழ மற்றவரை மறைக்கத் தேவையில்லை. பிள்ளைகளுக்கு இரண்டையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

பசிக்கும் அச்சத்துக்கும் இடையே

விருதுநகருக்குத் தெற்கே சாத்தூர். கடலைமாவும் மிளகாயும் பூண்டும் சேர்த்துப் பிழிந்தெடுக்கும் காராச்சேவு அதன் அடையாளம். கரிசல் காட்டு வத்தலின் காரம் அதில் தெரியும். தென்மேற்கே சிவகாசி. அங்கே செல்வோர் எந்தக் கடையில் என்ன உண்பது என்பதைவிட, மாலையில் தொழிற்சாலைப் பேருந்திலிருந்து இறங்கி, கையில் ஒரு பரோட்டாப் பொட்டலத்தோடு வீட்டுக்கு விரையும் மனிதர்களைக் கவனிக்க வேண்டும்.

1920-களின் தொடக்கத்தில் அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தாவுக்குச் சென்று தீப்பெட்டித் தொழிலைக் கற்றுவந்தார்கள். மழை குறைந்த வெயில் நிலம் தீக்குச்சி காயவும் மருந்து உலரவும் ஏற்றதாயிற்று. பயிருக்குச் சாபமாக இருந்த வெயில் தொழிலுக்கு வரமானது. பின்னர்ப் பட்டாசும் அச்சகங்களும் பெருகின. நம் வீட்டுச் சுவர்களில் தொங்கும் நாட்காட்டிகள் பலவும் அங்கே அச்சானவைதாம். அத்தொழில்கள் பல லட்சம் பேருக்குச் சோறு போட்டன. ஆனால் அதற்கு விலையும் இருந்தது. விடியுமுன்னே கிராமங்களுக்குச் சென்ற பேருந்துகள் ஒருகாலத்தில் பிள்ளைகளையும் ஏற்றிவந்தன. மதிய உணவு போட்டுப் பள்ளிக்கு அழைத்த அதே சீமையில் வறுமை அவர்களைத் தீப்பெட்டி ஆலைக்கு அழைத்தது. 1996 டிசம்பர் 10 அன்று உச்ச நீதிமன்றம், அபாயமான தொழிலில் சிறுவரை அமர்த்துவோர் ஒவ்வொரு சிறுவருக்கும் 20,000 ரூபாயை நலநிதியில் செலுத்த வேண்டும் எனத் தீர்ப்பளித்தது. 2012 செப்டம்பர் 5 அன்று முதலிப்பட்டி வெடிவிபத்தில் ஏறத்தாழ 40 பேர் மாண்டனர். சிறு விபத்துகள் இன்றளவும் நின்றபாடில்லை.

பசியிலிருந்து காத்ததையும் அச்சத்திலிருந்து காத்ததையும் இறைவன் ஏன் சேர்த்தே நினைவூட்டினான் என்பது சிவகாசியில் விளங்குகிறது. வயிறு நிறைய அச்சத்தை விலையாகக் கொடுக்கும் குடும்பங்கள் அங்கே வாழ்கின்றன.

நாம் வழிகாட்டும் உலா

சிவகாசிக்கு மேற்கே திருவில்லிபுத்தூர் பால்கோவா. 2019-இல் புவிசார் குறியீடு பெற்றது. பாலும் சர்க்கரையும் விறகடுப்பும் நெடுநேர உழைப்பும் கூடிய இனிப்பு. உலாவை அங்கே முடித்துக்கொள்ளலாம். ஒரு விடுமுறை நாள் போதும். கட்டணம் வாங்கும் வழிகாட்டி வேண்டாம். பர்மாவிலிருந்தும் மலேயாவிலிருந்தும் திரும்பிய பாட்டனாரின் கதையை அறிந்த அத்தாவோ நன்னியோ உடன்வந்தால் அவர்களே வழிகாட்டி.

கறியின் ஹலாலைக் கேட்டு உண்போம். ஐயமிருந்தால் சேவும் பால்கோவாவும் நமக்குப் போதும். ஆனால் வேதம் ஹலாலோடு ‘தய்யிப்’ என்ற தூய்மையையும் சேர்த்தே சொல்கிறது. கல்லின் முன் வியர்த்து நிற்பவருக்குக் கூலி சரியாகக் கிடைக்கிறதா என்று எண்ணுவதும், தட்டில் மிச்சம் வைக்காதிருப்பதும் அதன் பாற்பட்டவை என்றே நாம் கருதுகிறோம். பர்மாக் கடையின் முன் நிற்கும்போது மலைவழி நடந்தோரின் கதையைப் பிள்ளைகளுக்குச் சொல்வோம். தேசபந்து மைதானத்தில் இருவரின் கதையையும் சொல்வோம். வீடு திரும்பியபின், உலையில் அரிசி போடும்போது அவர்கள் கையாலேயே ஒரு பிடியைத் தனியே எடுத்துவைக்கச் செய்வோம். மாத முடிவில் அது மஹல்லாவில் எந்த வீட்டுக்குச் சேர வேண்டும் என்பதையும் அவர்களையே கேட்போம்.