ஊதினால் ஓடுமா கேசட்?

ஒரு கேள்வி. பதில் சொல்ல வெட்கப்படக் கூடாது.

தொண்ணூறுகளில் உங்கள் வீட்டிலோ, பக்கத்து வீட்டிலோ, டி.வி.யில் மாட்டி விளையாடும் வீடியோ கேம் பெட்டி இருந்ததா? கேசட்டைச் சொருகி ஸ்விட்சைப் போட்டால் சில சமயம் படம் வராது. கோடு கோடாக என்னவோ ஓடும். அப்போது என்ன செய்தீர்கள்?

தெரியும். கேசட்டை உருவி, அதன் அடிப்பக்கம் உதட்டை வைத்து, புல்லாங்குழல் வித்வான் மாதிரி இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரை 'உஃப்' என்று ஓர் ஊது! மறுபடி சொருகினால், மரியோ மீசையோடு வந்து நிற்பார்.

குன்றத்தூர்ப் பையன் இப்படி ஊதினான். நியூ ஜெர்சிப் பையனும் இப்படித்தான் ஊதினான். கேட்டுத் தெரிந்துகொள்ள அன்றைக்கு இன்டர்நெட் கிடையாது. யாரும் யாருக்கும் பாடம் நடத்தவில்லை. ஆனாலும் உலகம் முழுக்க ஒரே வைத்தியம்.

இப்போது ஓர் அதிர்ச்சி வைத்தியம். நீங்கள் ஊதியதால் அந்தக் கேசட் ஓடவில்லை!

பிறகு எப்படி ஓடியது? அதற்குக் கொஞ்சம் பின்னால் போகவேண்டும்.

முதலில் பெயர். 'கேசட்' என்று சொன்னோமே, உள்ளே டேப்பா இருந்தது? இல்லை. ஒரு சின்னப் பச்சை அட்டை, அதில் ஒரு சிப், அட்டையின் ஓரத்தில் வரிசையாகத் தங்க நிறப் பற்கள். அவ்வளவுதான். முறையான பெயர் கார்ட்ரிட்ஜ். ஆனால் நம்மைக் கிண்டல் செய்ய வேண்டாம். நின்டெண்டோ பிறந்த ஜப்பானிலேயே அதை 'கசெட்டோ' என்றுதான் கூப்பிட்டார்கள். 1976-ல் அமெரிக்காவின் ஃபேர்சைல்டு கம்பெனி 'சேனல் எஃப்' என்ற பெட்டியோடு விற்ற முதல் கார்ட்ரிட்ஜ்களும், அந்தக் காலத்துப் பாட்டு டேப்பின் உருவத்தில்தான் இருந்தன. நம் ஆட்கள் வைத்த பெயரில் தப்பே இல்லை.

அதற்கு முன்னால் வீட்டு வீடியோ கேம் என்றால், பெட்டிக்குள்ளேயே பிறந்து பெட்டிக்குள்ளேயே சாகும் விளையாட்டு. பந்தடிக்கும் பெட்டி வாங்கினால் ஆயுசுக்கும் பந்துதான் அடிக்கவேண்டும். விளையாட்டைத் தனியாகக் கழற்றி மாட்டலாம் என்று வந்தபோதுதான் வியாபாரமே மாறியது. பி.காம். படித்தவனுக்கு இது சட்டென்று புரியும். பெட்டியை ஒரு தடவைதான் விற்க முடியும். கேசட்டை மாசா மாசம் விற்கலாம். ரேசரை மலிவாகக் கொடுத்து பிளேடில் சம்பாதிக்கிற கணக்கு!

ஆனால் என்ஜினீயருக்குத் தலைவலி. அதுவரை சர்க்யூட் அட்டை என்பது ஃபாக்டரியில் ஒருவர் ஒரே ஒரு தடவை சொருகுவது. இப்போது எட்டு வயசுப் பையன், எண்ணெய்க் கையோடு, நாளைக்குப் பத்துத் தடவை சொருகி உருவப் போகிறான். பல் தேயக் கூடாது. விரலில் இருக்கும் நிலை மின்சாரம் பட்டு சிப் செத்துவிடக் கூடாது. இந்தத் தலைவலியைத் தீர்த்த குழுவுக்குத் தலைவர் ஜெர்ரி லாசன். கறுப்பின என்ஜினீயர்கள் அபூர்வமாக இருந்த காலத்தில், கலிஃபோர்னியாவில் வேலை பார்த்தவர். 2011-ல் இறந்தார். அவருக்கான பெரிய பாராட்டு, சாவதற்கு ஒரு மாசம் முன்னால்தான் தேடி வந்தது.

கையடக்கப் பெட்டிக்கு இந்த வித்தை 1979-ல் வந்தது. 'மைக்ரோவிஷன்' என்று பெயர். கேசட் மாற்றி விளையாடும் முதல் கையடக்கக் கருவி இதுதான். இதில் ஒரு விபரீதம், மூளையாகிய பிராசசரையே ஒவ்வொரு கேசட்டிலும் வைத்துவிட்டார்கள். பற்களோ வெளியே தெரிந்தன. விரல் பட்டால் கேசட் காலி!

பத்து வருஷம் கழித்து, 1989-ல் நின்டெண்டோவின் 'கேம் பாய்' வந்தது. அதை உருவாக்கிய குன்பெய் யோகோய், 1965-ல் அந்தக் கம்பெனியில் எதற்குச் சேர்ந்தார் தெரியுமா? சீட்டுக்கட்டு தயாரிக்கும் மெஷின்களைப் பராமரிக்க! ஆமாம், நின்டெண்டோ அன்றைக்குச் சீட்டுக்கட்டுக் கம்பெனி. மெஷினோடு மல்லுக்கட்டியவருக்குத்தான் பொருள் எங்கே உடையும், எங்கே தேயும் என்று தெரியும். கலர் திரை வேண்டாம், பழகிய மலிவான பாகங்கள் போதும் என்றார். கேம் பாயில் இன்னொரு அழகு. ஸ்விட்சை 'ஆன்' பக்கம் தள்ளினால், கேசட்டின் மூலையில் இருக்கும் வெட்டுக்குள் ஒரு பிளாஸ்டிக் நாக்கு போய் உட்காரும். ஓடும்போது கேசட்டை உருவவே முடியாது. சின்னப் பசங்களை நன்றாகத் தெரிந்தவர் செய்த காரியம். பின்னால் வந்த கலர் மாடலையும் சேர்த்து, 11 கோடியே 80 லட்சத்துக்கும் மேல் விற்றது.

சரி, ஊதல் விஷயத்துக்கு வருவோம்.

பெட்டிக்குள் வரிசையாகச் சின்னச் சின்ன ஸ்ப்ரிங் தகடுகள் இருக்கும். கேசட்டின் பற்கள் அவற்றின் மேல் உரசிக்கொண்டே போய் உட்காரும். தூசி, பிசுக்கு, காற்றுப்பட்டுப் படியும் மங்கல், இவற்றில் ஏதாவது ஒன்று குறுக்கே வந்தால் தொடர்பு விட்டுப்போகும். கேசட்டை எடுத்து மறுபடி சொருகும்போது பல்லும் தகடும் இன்னொரு தடவை உரசும். அந்த உரசலிலேயே அழுக்கு விலகும். ஆக, வேலை செய்தது உங்கள் கை. பேர் வாங்கிக்கொண்டது வாய்!

வாயால் கெடுதலும் உண்டு. மூச்சில் ஈரம் இருக்கிறது. ஈரம் உலோகத்தை அரிக்கும். ஊதாதீர்கள் என்று நின்டெண்டோவே எச்சரித்தது. யார் கேட்டார்கள்?

பரணில் பழைய கேம் பாய் கிடந்தால், செய்யவேண்டியது இவ்வளவுதான். ஸ்விட்சை அணைத்துவிட்டுத்தான் சொருகவேண்டும், உருவவேண்டும். பற்களை விரலால் தொடக் கூடாது. அழுக்கு இருந்தால் காது குடையும் பஞ்சுக் குச்சியை ஐசோப்ரோபைல் ஆல்கஹாலில் லேசாகத் தோய்த்துத் துடைத்து, நன்றாகக் காயவிடுங்கள். உப்புத்தாள் கூடவே கூடாது, மேல் பூச்சு போய்விடும். நேராக, நிதானமாகச் சொருகுங்கள். சேர்த்து வைத்த ஆட்டம் அழிந்துபோனால் கேசட்டைத் திட்டாதீர்கள். பல கேசட்டுகளில் ஆட்டத்தை நினைவு வைத்துக்கொள்வது உள்ளே இருக்கும் பொத்தான் பேட்டரி. அது செத்தால் நினைவும் போச்சு.

இந்தப் பல்லும் தகடும் சந்திக்கும் இடத்துக்கு 'கனெக்டர்' என்று பெயர். கனெக்டர் என்றதும் நாம் குன்றத்தூருக்குத் திரும்பியாக வேண்டும்.

சேக்கிழார் பிறந்த ஊர். மலை மேல் முருகன். அடிவாரத்தைத் தாண்டி மேற்கே போனால் ஸ்ரீபெரும்புதூர், வல்லம், ஒரகடம் என்று வரிசையாகத் தொழிற்சாலைகள். ஷிஃப்டு மாறும் நேரத்தில் கம்பெனி பஸ்கள். அந்த வரிசையில் பெரிய பெயர், ஃபாக்ஸ்கான். அந்தப் பெயரின் வாலில் இருக்கும் 'கான்' எது தெரியுமா? நம்ம கனெக்டர்தான்! 1974-ல் தைவானில் டெர்ரி கோ என்பவர் டி.வி.க்கு சேனல் திருகும் பிளாஸ்டிக் குமிழ் செய்ய ஆரம்பித்த சின்னப் பட்டறை அது. 1980-ல் அடாரி வீடியோ கேம் கம்பெனியின் ஜாய்ஸ்டிக்குக்கு கனெக்டர் செய்யும் ஆர்டர் கிடைத்தது. அதிலிருந்து ஏறுமுகம். பிற்பாடு நின்டெண்டோவுக்கும் கருவிகள் செய்து கொடுத்தது. இங்கே சுங்குவார்சத்திரத்தில் ஐஃபோன் கோக்கிறது. கோக்கிற கைகள் பெரும்பாலும் இளம்பெண்களுடையவை. வல்லம் வடகாலில் 18,720 பேர் தங்கும் ஹாஸ்டலே 2024 ஆகஸ்டில் திறக்கப்பட்டது.

இதே சாலையில் முன்னால் கொடிகட்டிப் பறந்தது நோக்கியா. அந்தக் கம்பெனியும் கையடக்க கேம் செய்து பார்த்தது. 2003-ல் வந்த 'என்-கேஜ்'. ஃபோனும் கேம் பெட்டியும் ஒன்றே. ஆனால் ஆட்டம் மாற்ற, பின்மூடியைக் கழற்றி, பேட்டரியை எடுத்து, அதன் அடியில் கார்டைச் சொருகவேண்டும். ஒவ்வொரு தடவையும்! அடுத்த வருஷமே திருத்திய மாடலில் வெளியிலிருந்து சொருகும்படி மாற்றினார்கள். அதற்குள் ஜனம் சிரித்து முடித்துவிட்டது. சொருகும் கையை யோசிக்காதவன் என்ன ஆவான் என்பதற்கு இது ஒரு பாடம்.

என்-கேஜ் இங்கே தயாரானதல்ல. ஸ்ரீபெரும்புதூர் நோக்கியா ஃபாக்டரி 2006-ல்தான் திறந்தது. சாதாரண ஃபோன்கள் கோடிக்கணக்கில் அங்கிருந்து போயின. உச்சத்தில் சுமார் 8,000 பேர் நேரடி வேலை. 2014 ஏப்ரலில் நோக்கியாவின் ஃபோன் வியாபாரம் மைக்ரோசாஃப்ட் கைக்கு மாறியபோது, வரி வழக்கில் சிக்கியிருந்த இந்த ஃபாக்டரி அதோடு சேர்ந்து போகவில்லை. 2014 நவம்பர் 1-ல் உற்பத்தி நின்றது. ஆயிரக்கணக்கான இளைஞர்கள், பலருக்கு அதுதான் முதல் வேலை, செட்டில்மென்ட் பணத்தோடு வெளியே வந்தார்கள்.

கட்டடத்துக்குப் பிரச்னை இல்லை. கேம் பெட்டி மாதிரிதான் அதுவும். ஒன்றை உருவினால் இன்னொன்றைச் சொருகலாம். ஃபின்லாந்தில் பிறந்த சால்காம்ப் கம்பெனி அந்த இடத்தை எடுப்பதாக 2019-ல் அறிவிப்பு வந்தது. பிறகு அங்கே ஃபோன் சார்ஜர் தயாரிப்பு தொடங்கியது.

உருவப்பட்ட கைகளை மறுபடி யார் சொருகினார்கள்? அந்தக் கணக்கை எந்த பேலன்ஸ் ஷீட்டிலும் எழுத மாட்டார்கள்.

இன்று ராத்திரி ஃபோனுக்குச் சார்ஜர் போடுவீர்கள். 'டிக்' என்று உட்காரும். அதுவும் அதே பல், அதே தகடு, அதே உரசல்தான். உட்காரவில்லை என்றால் தயவுசெய்து ஊதாதீர்கள். எடுத்து, நேராக, நிதானமாகச் சொருகுங்கள். சொருகும்போது, அதை முதன்முதலில் சொருகிப் பார்த்து 'ஓகே' சொன்ன விரல்களை ஒரு நிமிஷம் நினைத்துக்கொள்ளுங்கள். குன்றத்தூர் வழியாக ஷிஃப்டு பஸ்ஸில் போன விரல்களாகவும் இருக்கலாம்.