யார் இந்த கேட்டி மெக்கேப்? டிராக்சூட்டுக்காகப் போராடிய அணி உலகக் கோப்பை வரை போனது எப்படி?

2023 ஜூலை 26. ஆஸ்திரேலியாவின் பெர்த் நகரம். பெண்கள் உலகக் கோப்பை கால்பந்தில் அயர்லாந்தும் கனடாவும் மோதிய ஆட்டம் தொடங்கி நாலாவது நிமிஷம். அயர்லாந்துக்கு ஒரு கார்னர் கிக் கிடைத்தது. கேப்டன் கேட்டி மெக்கேப் இடது காலால் பந்தை வளைத்து அடித்தார். சக வீராங்கனைகள் யாரும் தொடவில்லை. பந்து கோல்கீப்பரைத் தாண்டி நேராக வலைக்குள் போய் விழுந்தது.

பெண்கள் உலகக் கோப்பை வரலாற்றில் அயர்லாந்து அடித்த முதல் கோல் அது. அந்தத் தொடரின் வரலாற்றிலேயே கார்னரிலிருந்து நேரடியாக விழுந்த முதல் கோலும் அதுதான்.

ஆனா இந்த கோலுக்கு ஆறு வருஷம் முன்னாடி இதே அயர்லாந்து அணி எதற்காகப் போராடிக்கொண்டிருந்தது தெரியுமா? மாத்திக்கொள்ள ஒரு இடம், போட்டுக்கொள்ள சொந்தமா ஒரு டிராக்சூட்! அந்த அணி உலகக் கோப்பைக்கு வந்து சேர்ந்த கதையும் கேட்டி மெக்கேப்பின் கதையும் கிட்டத்தட்ட ஒன்றுதான்.

டப்ளினில் தொடங்கிய பயணம்

கேட்டி மெக்கேப் 1995 செப்டம்பர் 21 அன்று பிறந்தார். அயர்லாந்தின் தலைநகர் டப்ளினில், டாலட் பகுதியில் உள்ள கில்னமானா என்ற குடியிருப்பில் வளர்ந்தார். வீட்டில் மொத்தம் 11 பிள்ளைகள். அண்ணன் கேரி மெக்கேப்பும் கால்பந்து வீரர், அயர்லாந்தின் உள்ளூர் லீக்கில் விளையாடியவர். வீட்டிலேயே பந்து இருந்ததால், சின்ன வயசில் பையன்களோடு சேர்ந்து ஆடித்தான் கேட்டி ஆட்டத்தைக் கற்றுக்கொண்டார்.

அயர்லாந்தில் பெண்களுக்கான தேசிய லீக் தொடங்கியதே 2011-ல்தான். அதில் ரஹீனி யுனைடெட் அணிக்காக ஆடிய மெக்கேப், 2012-13, 2013-14 என அடுத்தடுத்து இரண்டு முறை லீக் பட்டம் வென்றார். 2015-ல் தேசிய அணியில் அறிமுகம். அதே ஆண்டு டிசம்பரில் இங்கிலாந்தின் புகழ்பெற்ற ஆர்செனல் கிளப் அவரை ஒப்பந்தம் செய்தது. அப்போது அவருக்கு வயது 20.

ஆர்செனலுக்குப் போனதும் எல்லாம் சரியாயிடுச்சா?

இல்லை. ஆர்செனல் என்றால் நட்சத்திரங்கள் நிறைந்த அணி. டப்ளினிலிருந்து வந்த இளம் வீராங்கனைக்கு ஆடும் பதினொருவரில் இடம் எளிதில் கிடைக்கவில்லை. 2017-ல் ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோ சிட்டி அணிக்கு 'லோன்' முறையில் அனுப்பப்பட்டார்.

லோன் என்றால் என்ன? ஒப்பந்தம் பழைய கிளப்பிடமே இருக்கும். குறிப்பிட்ட காலத்துக்கு மட்டும் வேறு கிளப்புக்காக விளையாடுவார்கள். ஆட வாய்ப்பு கிடைக்கும் என்பது நல்ல விஷயம். ஆனா திரும்பி வரும்போது பழைய அணியில் இடம் இருக்குமா என்பதற்கு எந்த உத்தரவாதமும் கிடையாது. பலருடைய பயணம் இந்த இடத்திலேயே திசை மாறிவிடும்.

மெக்கேப் கிளாஸ்கோவில் லீக் பட்டம் வென்ற அணியில் இருந்துவிட்டுத் திரும்பினார். அதற்குள் ஆர்செனலுக்கு ஜோ மான்டெமுரோ புதிய பயிற்சியாளராக வந்திருந்தார். இடதுபுற முன்கள வீராங்கனையாக இருந்த மெக்கேப், அவருடைய காலத்தில் இடதுபுறத் தடுப்பாட்டத்துக்கும் பழகினார். தடுக்கவும் தெரியும், முன்னேறி கோல் அடிக்கவும் தெரியும் என்ற இந்த இரட்டைத் திறமைதான் பிறகு அவருடைய அடையாளம் ஆனது. 2018-19 சீசனில் ஆர்செனல் இங்கிலாந்தின் விமன்ஸ் சூப்பர் லீக் பட்டத்தை வென்றபோது அவரும் அந்த அணியில் இருந்தார்.

2017 ஏப்ரலில் நடந்தது என்ன?

மெக்கேப்பின் கதையைப் புரிந்துகொள்ள இந்தச் சம்பவம் ரொம்ப முக்கியம். இங்கே அயர்லாந்து என்பது அயர்லாந்து குடியரசைக் குறிக்கும். வடக்கு அயர்லாந்துக்குத் தனி அணி இருக்கிறது.

2017 ஏப்ரல் 4 அன்று, அயர்லாந்து தேசிய அணியின் வீராங்கனைகள் டப்ளினில் உள்ள லிபர்ட்டி ஹாலில் செய்தியாளர்களைச் சந்தித்தார்கள். அது ஒரு தொழிற்சங்கத்தின் தலைமை அலுவலகக் கட்டடம். விளையாட்டு வீராங்கனைகள் அங்கே போய் உட்கார்ந்ததே விஷயம் எவ்வளவு முற்றிவிட்டது என்பதைச் சொல்லிவிட்டது.

அவர்கள் வெளியே சொன்ன விஷயங்கள் நாட்டையே அதிரவைத்தன. தேசிய அணிக்கான டிராக்சூட் அவர்களுக்குச் சொந்தம் கிடையாது. இளையோர் அணிகளும் அதையேதான் பயன்படுத்தும். அதனால் பயணம் முடிந்ததும் விமான நிலையக் கழிப்பறையில் கழற்றித் திருப்பிக் கொடுக்க வேண்டியிருந்தது. வேலைக்கு லீவு போட்டு நாட்டுக்காக ஆட வருபவர்களுக்கு, இழந்த சம்பளத்துக்கு ஈடு கிடையாது. உடற்பயிற்சிக் கூட வசதியையும் கேட்டுத்தான் வாங்க வேண்டிய நிலை.

அணியின் அப்போதைய முகம், கோல்கீப்பர் எம்மா பர்ன். அயர்லாந்துக்காக 134 ஆட்டங்கள் ஆடியவர். 2007-ல் ஆர்செனல் ஐரோப்பிய கோப்பையை வென்றபோது அந்த அணியின் கோல்கீப்பரும் இவர்தான். ஐரோப்பாவின் உச்சியைத் தொட்ட ஒருவர், தன் நாட்டு அணியில் உடை மாற்ற இடம் கேட்டுப் பேச வேண்டியிருந்தது!

கோரிக்கைகளை ஏற்காவிட்டால் ஆட மாட்டோம் என்று வீராங்கனைகள் உறுதியாக நின்றார்கள். சில நாட்களிலேயே அயர்லாந்து கால்பந்து சங்கம் இறங்கிவந்து உடன்பாடு எட்டியது.

21 வயதில் கேப்டன்!

அதே 2017-ல் எம்மா பர்ன் சர்வதேச ஆட்டத்திலிருந்து விலகினார். அடுத்த கேப்டன் யார் என்ற கேள்விக்கு அப்போதைய பயிற்சியாளர் காலின் பெல் சொன்ன பதில் பலருக்கும் ஆச்சரியம். கேட்டி மெக்கேப்! வயது 21. அயர்லாந்து பெண்கள் அணியின் மிக இளம் வயது கேப்டன்.

கிளப் அவரை லோனில் அனுப்பிய அதே ஆண்டில், நாடு அவரிடம் தலைமையைக் கொடுத்தது. அந்த ஆண்டு நவம்பரில், ஐரோப்பிய சாம்பியனாக இருந்த நெதர்லாந்தை அவர்கள் மண்ணிலேயே 0-0 என டிரா செய்தது அயர்லாந்து. டிராக்சூட் பிரச்சினை வெடித்து எட்டு மாதம்கூட ஆகவில்லை.

சம ஊதியம்: ஆண்கள் விட்டுக்கொடுத்தார்களா?

2021 ஆகஸ்ட் இறுதியில் அயர்லாந்து கால்பந்து சங்கம் ஒரு அறிவிப்பை வெளியிட்டது. நாட்டுக்காக ஆடும் ஆண்களுக்கும் பெண்களுக்கும் இனி ஒரே ஆட்டக் கட்டணம்.

இது எப்படிச் சாத்தியமானது? ஆண்கள் அணி கேப்டன் சீமஸ் கோல்மனும் பெண்கள் அணி கேப்டன் மெக்கேப்பும் சங்கத்தோடு பேசி எட்டிய உடன்பாடு இது. ஆண்கள் தங்கள் கட்டணத்தைக் குறைத்துக்கொள்ளச் சம்மதித்தார்கள். அவர்கள் விட்டுக்கொடுத்த தொகைக்கு ஈடாகச் சங்கமும் தன் பங்கைப் போட்டது. இரண்டும் சேர்ந்து பெண்களின் கட்டணத்தை உயர்த்தியது.

இங்கே ஒரு விஷயத்தைக் கவனிக்கணும். இது நாட்டுக்காக ஆடும் ஆட்டங்களுக்கான கட்டணம் மட்டும்தான். கிளப்புகள் தரும் சம்பளத்துக்கும் இதற்கும் சம்பந்தம் இல்லை. ஆண்கள் கிளப் கால்பந்தில் புழங்கும் பணத்துக்கும் பெண்கள் கிளப் கால்பந்தில் புழங்கும் பணத்துக்கும் இடைவெளி இன்னும் மலையளவு இருக்கிறது. ஆனாலும், நாட்டின் சட்டையைப் போட்டால் இரண்டு பேருக்கும் ஒரே மதிப்பு என்பது சின்ன விஷயம் இல்லை.

அறிவிப்பு வந்து மூன்று வாரத்தில், 2021 செப்டம்பர் 21 அன்று ஆஸ்திரேலியாவை 3-2 என வென்றது அயர்லாந்து. தொடர்ந்து ஏழு தோல்விகளுக்குப் பிறகு கிடைத்த வெற்றி. அன்று கேப்டனுக்கு 26-வது பிறந்தநாள். ஆட்டம் நடந்த டாலட் ஸ்டேடியம், அவர் வளர்ந்த பகுதியிலேயே இருக்கும் மைதானம்!

உலகக் கோப்பைக்குத் தகுதி பெற்றது எப்படி?

2023 உலகக் கோப்பைக்கான தகுதிச் சுற்றில் பலம்வாய்ந்த ஸ்வீடன் இருந்த பிரிவில் அயர்லாந்து இடம்பெற்றது. 2022 ஏப்ரலில் ஸ்வீடனை அவர்கள் மண்ணிலேயே 1-1 என டிரா செய்தது. அயர்லாந்தின் கோலை அடித்தவர் மெக்கேப். பிரிவில் இரண்டாம் இடம் பிடித்து, பிளே-ஆஃப் சுற்றுக்குப் போனது அணி.

2022 அக்டோபர் 11, கிளாஸ்கோவின் ஹாம்ப்டன் பார்க். எதிரணி ஸ்காட்லாந்து. முதல் பாதியில் ஸ்காட்லாந்துக்குக் கிடைத்த பெனால்டியை கோல்கீப்பர் கோர்ட்னி பிராஸ்னன் தடுத்தார். இரண்டாம் பாதியில் மாற்று வீராங்கனையாக வந்த ஆம்பர் பேரட் ஒரே கோல் அடித்தார். 1-0. அயர்லாந்து பெண்கள் அணி முதல்முறையாக உலகக் கோப்பையில்!

அதற்கு நான்கு நாள் முன்புதான் பேரட்டின் சொந்த மாவட்டமான டோனகாலில், கிரீஸ்லோ கிராமத்தில் நடந்த வெடிவிபத்தில் 10 பேர் உயிரிழந்திருந்தார்கள். அந்த கோலை அவர்களுக்கே சமர்ப்பித்தார் பேரட்.

உலகக் கோப்பையில் என்ன ஆச்சு?

முதல் ஆட்டம் சிட்னியில், போட்டியை நடத்தும் ஆஸ்திரேலியாவுக்கு எதிராக. 75,784 பேர் நேரில் பார்த்தார்கள். பெனால்டியில் விழுந்த ஒரே கோலால் 0-1 எனத் தோல்வி. பெனால்டியை அடித்த ஸ்டெஃப் காட்லி, ஆர்செனலில் மெக்கேப்பின் சக வீராங்கனை!

இரண்டாவது ஆட்டத்தில்தான் அந்தக் கார்னர் கோல். கால்பந்தில் இதற்கு 'ஒலிம்பிகோ' என்று பெயர். 1924-ல் ஒலிம்பிக் சாம்பியனாக இருந்த உருகுவே அணிக்கு எதிராக அர்ஜென்டினாவின் செசாரியோ ஒன்சாரி இப்படி ஒரு கோல் அடித்ததிலிருந்து இந்தப் பெயர் நிலைத்துவிட்டது. ஆண்கள் உலகக் கோப்பையில்கூட 1962-ல் கொலம்பியாவின் மார்கோஸ் கோல் அடித்ததுதான் இந்த வகையில் பேசப்படுவது.

ஆனா ஆட்டத்தின் முடிவு அயர்லாந்துக்குச் சாதகமாக இல்லை. கனடா 2-1 என வென்றது. கடைசி ஆட்டத்தில் நைஜீரியாவுடன் 0-0 டிரா. ஒரு புள்ளியோடு அயர்லாந்து வெளியேறியது.

சர்ச்சைகளும் உண்டு

மெக்கேப்பின் பயணத்தில் எல்லாமே பாராட்டு இல்லை. நைஜீரியா ஆட்டத்தின்போது வீராங்கனையை மாற்றச் சொல்லி மைதானத்திலிருந்தே பயிற்சியாளர் வேரா பாவிடம் கேட்டார் மெக்கேப். பாவ் மறுத்துவிட்டார். செய்தியாளர் சந்திப்பில் இது கேள்வியாக வந்தபோது பாவ் விட்டுக்கொடுக்கவில்லை. மெக்கேப்போ சமூக வலைதளத்தில் வாயை ஜிப் போட்டு மூடிய எமோஜியை மட்டும் பதிவிட்டார். ஒரு மாதத்தில் பாவின் ஒப்பந்தம் நீட்டிக்கப்படாமல் முடிந்தது.

ஹாம்ப்டன் பார்க் வெற்றிக்குப் பிறகு உடை மாற்றும் அறையில் ஐஆர்ஏ ஆயுத இயக்கத்தைப் புகழும் வரிகளை அணியினர் பாடிய வீடியோவும் வெளியாகி, கடும் கண்டனம் எழுந்தது. அணி மன்னிப்புக் கேட்டது. ஐரோப்பிய கால்பந்து அமைப்பு 20,000 யூரோ அபராதம் விதித்தது.

ஐரோப்பாவின் உச்சியில்

2023 ஏப்ரலில் மான்செஸ்டர் சிட்டிக்கு எதிராக மெக்கேப் அடித்த கோல், விமன்ஸ் சூப்பர் லீக்கின் அந்த சீசனின் சிறந்த கோலாகத் தேர்வானது. அதே ஆண்டு பெண்களுக்கான பாலன் டி'ஓர் விருதின் இறுதிப் பட்டியலில் இடம்பிடித்த முதல் அயர்லாந்து வீராங்கனையும் ஆனார்.

2024-25 சாம்பியன்ஸ் லீக்கில் ஆர்செனல் தகுதிச் சுற்றின் முதல் படியிலிருந்தே ஆட வேண்டியிருந்தது. காலிறுதியில் ரியல் மாட்ரிட்டிடம் முதல் ஆட்டத்தில் 0-2 எனத் தோற்று, அடுத்ததில் 3-0 என வென்றது. அரையிறுதியில் லியோனிடம் 1-2 எனத் தோற்று, அவர்கள் மண்ணில் 4-1 எனப் பதிலடி கொடுத்தது. 2025 மே 24, லிஸ்பன் நகரில் இறுதி ஆட்டம். எதிரே நடப்பு சாம்பியன் பார்சிலோனா. இடதுபுறத் தடுப்பில் மெக்கேப். ஸ்டினா பிளாக்ஸ்டீனியஸ் 74-வது நிமிஷத்தில் அடித்த கோல் ஆர்செனலுக்குக் கோப்பையைத் தந்தது.

2007-க்குப் பிறகு ஆர்செனல் வென்ற முதல் ஐரோப்பிய கோப்பை அது. அன்று எம்மா பர்ன், இன்று கேட்டி மெக்கேப். இரண்டு பேருமே அயர்லாந்தின் கேப்டன்கள்.

இன்னும் மிச்சம் இருப்பது என்ன?

ஐரோப்பிய சாம்பியன்ஷிப், அதாவது யூரோ தொடருக்கு அயர்லாந்து பெண்கள் அணி ஒருமுறைகூடத் தகுதி பெற்றதில்லை. 2024 ஜூலையில் பிரான்ஸை 3-1 என வென்ற அணிதான். ஆனா அதே ஆண்டு டிசம்பரில் டப்ளினில் வேல்ஸிடம் பிளே-ஆஃபில் தோற்று, 2025 யூரோ வாய்ப்பைக் கோட்டைவிட்டது. 2025 அக்டோபரில் பெல்ஜியத்தை இரண்டு ஆட்டங்களில் மொத்தம் 5-4 என வென்று, நேஷன்ஸ் லீக்கின் முதல் பிரிவுக்கு மீண்டும் ஏறியது.

ஒரு விஷயம் மட்டும் மாறிவிட்டது. 2023 செப்டம்பரில் டப்ளினின் அவீவா ஸ்டேடியத்தில் வடக்கு அயர்லாந்துக்கு எதிரான ஆட்டத்தைப் பார்க்க வந்தவர்கள் 35,944 பேர். நாட்டின் அந்தப் பெரிய மைதானத்தில் பெண்கள் அணிக்கென்றே தனியாக நடந்த முதல் ஆட்டம் அது. அன்றைக்கு கேலரியில் உட்கார்ந்து பார்த்த சிறுமிகளில் யாராவது நாளைக்கு நாட்டுக்காக ஆடலாம். அவர்களுக்கு டிராக்சூட் கேட்டுப் போராட வேண்டிய வேலை இருக்காது. அதை 2017-லேயே அக்காக்கள் முடித்துவிட்டார்கள்.