மறியலுக்குள் எழுதிய படம்

துருக்கியின் யில்மாஸ் குனேயை நடிகர் என்றும் நெறியாளர் என்றும்தான் பலரும் அறிவார்கள். அவரது எழுத்தை அவ்வளவாகப் பேசுவதில்லை. 1937இல் அதனாவை அண்டிய கிராமமொன்றில் குர்தியப் பெற்றோருக்குப் பிறந்தவர். 1950களின் இறுதியில் நெறியாளர் ஆத்திஃப் யில்மாஸிடம் திரைக்கதை எழுதத் தொடங்கினார். கம்யூனிசப் பிரசாரம் என்று சொல்லி, தான் எழுதிய கதையொன்றுக்காக 1961இல் மறியலுக்குப் போனார்.

1974இல் போனது அப்படியல்ல. நீதவான் ஒருவரைச் சுட்டுக்கொன்ற வழக்கு அது. குனேயைக் கொண்டாடுகிறவர்கள் இந்த இடத்தை அவசரமாகத் தாண்டிப் போவார்கள். ஒரு உயிர் போயிருக்கு. அப்படித் தாண்டக் கூடாது.

ஆனாலும் அவரது மிகச் சிறந்த எழுத்து அந்த மறியலுக்குள்தான் பிறந்தது. அவர் உள்ளேயிருந்து திரைக்கதையை எழுதுவார். வெளியே வேறொருவர் படமாக்குவார். 'சுரூ' 1978இல் ஸெகி ஓக்தெனின் நெறியாள்கையில் வந்தது. 'யோல்' படத்தை எடுத்தவர் ஷெரிஃப் கோரன். கைதிகள் ஐந்து பேர் லீவில் ஊருக்குப் போகிறார்கள். ஊரும் அவர்களுக்கு இன்னொரு மறியலாகவே இருக்கிறது. 'மானம்' கெட்டுவிட்டதென்று குடும்பத்தார் சங்கிலியில் கட்டிவைத்த மனைவியைக் கூட்டிக்கொண்டு செய்யித் அலி பனியில் நடக்கிறான். அவளைக் கொல்லவும் மனமில்லை, விடவும் துணிவில்லை. பனி அவளைக் கொல்கிறது.

1981இல் தப்பியோடிய குனே, படத்தை வெளிநாட்டில் தொகுத்தார். அடுத்த வருடம் கான் விழாவில் 'மிஸ்ஸிங்' படத்தோடு அது தங்கப் பனை விருதைப் பகிர்ந்துகொண்டது. அப்போ, படம் யாருடையது? பனிக்குள் கமராவோடு நின்ற கோரனை மறப்பது அநியாயம். ஆனால் அந்த ஐந்து பேரையும் ஊருக்கு அனுப்பியது குனேயின் பேனைதான். 1984இல் அவர் பரிஸில் காலமானார். 'யோல்' துருக்கியில் 1999இல்தான் திரைக்கு வந்தது.